பொடியாக வாங்காதீர்கள்: கிழங்கு சுடுவோருக்கான கேள்வி-பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பகுதி ஒரே சமையலைச் சுற்றியே இருந்தது. கேரட், பீட்ரூட், உருளை, சர்க்கரைவள்ளி ஆகியவற்றைப் பட்டை, சீரகம், மிளகு போன்ற மசாலாக்களோடும் எலுமிச்சை, ஆரஞ்சோடும் சேர்த்து ஓவனில் சுடுவதுதான் அது. கடிதங்களைச் சுருக்கி, பொருள் வாங்குவது தொடர்பானவற்றை மட்டும் எடுத்துக்கொண்டிருக்கிறேன்.

கேள்வி: காய்களைச் சுடுவதற்கென்றே விற்கும் மசாலா பாக்கெட் ஒன்றை வாங்கினேன். கிழங்கு வேகும் முன்பே மேற்புறம் கருகிக் கசந்துவிட்டது. மசாலா கெட்டுப்போனதா?

பதில்: நீங்கள் பாக்கெட்டின் படத்தையும் அனுப்பியிருக்கிறீர்கள். சேர்மானப் பட்டியலில் முதலில் இருப்பது சர்க்கரை, இரண்டாவது உப்பு. சேர்மானங்களை எடையின் இறங்குவரிசையில் அச்சிட வேண்டும் என்பது பெரும்பாலான நாடுகளில் விதியாக இருப்பதால், நீங்கள் வாங்கியது மசாலா வாசனை ஏற்றிய சர்க்கரை என்பது அந்தப் படத்திலேயே தெரிகிறது. 200 டிகிரியில் சர்க்கரை கருகாமல் என்ன செய்யும்? பட்டியலைப் படிக்க அரை நிமிடம் போதும். படித்துவிட்டு வாங்குங்கள்.

கேள்வி: 5 லிட்டர் ஏர் ஃப்ரையர் ஒரு குடும்பத்துக்குப் போதும் என்றார் விற்பனையாளர். ஒரு கிலோ கேரட்டைப் போட்டால் அவித்ததுபோல் சொதசொதவென்று வருகிறது. இயந்திரம் பழுதா?

பதில்: இயந்திரத்தில் பழுதில்லை, உங்களுக்குச் சொல்லப்பட்ட அளவுதான் பயனற்றது. கேரட்டின் எடையில் ஏறத்தாழ 88 சதவீதம் நீர். துண்டின் மேற்புறம் உலரும்வரை அதன் வெப்பம் 100 டிகிரியைத் தாண்டாது, ஆனால் பொன்னிறமும் சுட்ட மணமும் உருவாகச் சுமார் 140 டிகிரி வேண்டும். துண்டுகள் ஒன்றின்மேல் ஒன்றாகக் குவிந்திருந்தால் கீழே எழும் ஆவி மேலே உள்ளதை அவித்துக்கொண்டே இருக்கும். ஆகவே இங்கே கணக்கில் வருவது அடிப்பரப்பு மட்டும்தான். பக்கத்துக்கு 20 செ.மீ. உள்ள சதுரக் கூடையின் அடிப்பரப்பு 400 சதுர செ.மீ.; 40-க்கு 30 அளவுள்ள சாதாரண ஓவன் தட்டின் பரப்பு 1,200. அந்தக் கூடையில் இடைவெளி விட்டு ஒரே அடுக்காகப் பரப்பினால் அரைக் கிலோதான் கொள்ளும். ஆழத்தையும் சேர்த்துப் பெருக்கிப் பெட்டியின்மேல் பெரிய எழுத்தில் லிட்டர் போடும் நிறுவனங்கள் அடிப்பரப்பையும் அச்சிடட்டும். அதுவரை கடைக்கு ஓர் அளவுநாடாவை எடுத்துச் செல்லுங்கள். கையில் இருக்கும் இயந்திரத்தில் இரண்டு தவணையாகச் சுடுங்கள், வித்தியாசம் தெரியும்.

கேள்வி: ‘சிலோன் பட்டைத்தூள்’ என்று எழுதியிருந்ததால் கூடுதல் விலை கொடுத்து வாங்கினேன். விவரம் தெரிந்த உறவினர் ஒருவர், இது சாதாரணப் பட்டைதான் என்கிறார். கடைக்காரரோ ‘நிரூபியுங்கள்’ என்கிறார். எப்படி நிரூபிப்பது?

பதில்: வீட்டில் நிரூபிக்க முடியாது. அந்தத் துணிச்சலில்தான் அவர் அப்படிப் பேசுகிறார். தவறு உங்களுடையதல்ல.

பட்டையை முழுதாக வாங்கியிருந்தால் ஒரு பார்வையில் தெரிந்திருக்கும். இலங்கை வகை தாள்போல் மெல்லியது. பல அடுக்குகள் ஒன்றினுள் ஒன்றாகச் சுருண்டிருக்கும், விரலால் அழுத்தினாலே நொறுங்கும், நிறமும் வெளிறியிருக்கும். சாதாரணப் பட்டை என்று விற்கும் காசியா வகை ஒற்றைத் தடித்த பட்டை. இரு ஓரங்களும் உள்நோக்கி மடிந்திருக்கும், உடைக்கக் கை வலிக்கும், காரம் தூக்கலாக இருக்கும். இரண்டும் அரைபட்ட பிறகு இரண்டுமே பழுப்புத் தூள்தான்.

இது வெறும் சுவைப் பிரச்சினை அன்று. காசியாவில் கூமரின் என்ற வேதிப்பொருள் உண்டு. அது அளவு மீறினால் சிலருக்குக் கல்லீரலைப் பாதிக்கும். ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் உடல் எடையில் கிலோவுக்கு 0.1 மில்லிகிராமை நாள்தோறும் ஏற்கத்தக்க அளவாக வைத்திருக்கிறது. ஒரு கிலோ காசியாவில் சராசரியாக 3 கிராம் கூமரின் இருக்கும் என்பது ஜெர்மனியின் இடர் மதிப்பீட்டு நிறுவனம் தரும் கணக்கு. அதன்படி 60 கிலோ எடையுள்ளவருக்கு நாளொன்றுக்கு 2 கிராம் தூளிலேயே எல்லை முடிந்துவிடுகிறது. 15 கிலோ எடையுள்ள குழந்தைக்கு அரை கிராம். எப்போதாவது ஒருமுறை கிழங்கின்மேல் தூவுவதில் அச்சமில்லை. தினமும் சேர்ப்பவர்களுக்கு இலங்கை வகை நல்லது, ஏனெனில் அதில் கூமரின் மிகச் சிறிதளவே உண்டு. அதற்காகவே கூடுதல் விலை கொடுத்த ஒருவரிடம் காசியாவை விற்பது அவருடைய எச்சரிக்கையுணர்வையே ஏமாற்றுப் பொருளாக்குவது.

பொடி என்னும் வடிவத்தின்மீதே எனக்குப் பல ஆண்டுகளாகக் கோபம் உண்டு. 2014-ஆம் ஆண்டு இறுதியிலும் 2015-இலும் சீரகத்தூளில் வேர்க்கடலைப் புரதம் கலந்திருந்ததால் அமெரிக்காவில் எண்ணற்ற உணவுப் பொருள்கள் திரும்பப் பெறப்பட்டன. வேர்க்கடலை ஒவ்வாமை உள்ள ஒருவர் சீரகத்தைச் சந்தேகிப்பாரா? 2023-இல் அதே நாட்டில் குழந்தைகள் உண்ணும் ஆப்பிள் கூழில் ஈயம் இருப்பது தெரியவந்தது. அது வந்த வழி பட்டைத்தூள். முழுச் சீரகத்தில் வேர்க்கடலையை மறைக்க முடியாது, அரைத்த பிறகு எதையும் மறைக்கலாம். தேதியும் அப்படித்தான். புட்டியில் இருப்பது அடைத்த தேதி. அரைத்த தேதியை யாரும் எழுதுவதில்லை. நான் வாங்கிய ஜாதிக்காய்த்தூள் புட்டி ஒன்றில் தேதி புதிதாக இருந்தது. முத்திரையைக் கிழித்து முகர்ந்தபோது பழைய அட்டைப்பெட்டியின் வாடைதான் வந்தது. அதன்பின் முழுக் காயை வாங்கி, வேண்டியபோது துருவிக்கொள்கிறேன்.

மசாலாவை முழுதாக வாங்கி, கல்லிலோ மிக்சியிலோ கொரகொரப்பாக உடைத்து, எண்ணெயில் கலந்து கிழங்கின்மேல் புரட்டுங்கள். நயமான பொடியைவிட இது ஓவனில் மெதுவாகவே கருகும் என்பது கூடுதல் நன்மை. உங்கள் புட்டியைத் தூக்கி எறிய வேண்டாம். ரசீதையும், தொகுதி எண் தெரியும்படி எடுத்த படத்தையும் சேர்த்து உங்கள் நாட்டின் உணவுப் பாதுகாப்புத் துறைக்கு எழுத்துமூலம் புகார் அனுப்புங்கள். எந்த வகை என்பதை ஆய்வகத்தில் கண்டறிய முடியும். அந்தச் சுமை உங்கள் தலையில் விழ வேண்டியதில்லை.

கேள்வி: பையில் வரும் குட்டிக் கேரட்டுகள் இளசானவைதானே? அப்படியே ஓவனில் போடலாமா?

பதில்: பெரும்பாலானவை பெரிய கேரட்டை வெட்டி உருட்டிச் செதுக்கியவை. முழுக் கேரட்டை வாங்கி நீங்களே வெட்டுங்கள்.

கேள்வி: ஆரஞ்சுச் சாற்றில் ஊறவைத்துச் சுட்டேன். ஒரு மணி நேரமாகியும் பீட்ரூட் வேகவில்லை. தட்டின் அடியில் கரி. பீட்ரூட் முற்றலா, ஓவன் சரியில்லையா?

பதில்: இரண்டையும் குறை சொல்லும் முன் சாற்றைக் கவனியுங்கள். செல் சுவர்களைப் பிணைத்திருக்கும் பெக்டின் கரைந்தால்தான் காய் மென்மையாகும். அமிலம் அதைக் கரையவிடாது. ஆரஞ்சுச் சாற்றில் 100 மில்லிக்குச் சுமார் 8 கிராம் சர்க்கரையும் இருக்கிறது, தட்டில் கரியானது அதுதான். காயை எண்ணெய், உப்பு, மசாலாவோடு மட்டும் சுட்டு, வெளியே எடுத்த சூட்டோடு சாற்றைப் பிழிந்து, தோலைத் துருவிப் போடுங்கள். தோலின் மணம் எளிதில் ஆவியாகும் எண்ணெயில் இருப்பதால் அதை முன்கூட்டியே ஓவனில் வைப்பது வீண். இப்படிச் செய்தும் வேகாவிட்டால் மட்டும் ஓவனுக்குள் வைக்கும் தெர்மாமீட்டர் ஒன்றை வாங்கிச் சோதியுங்கள். திருகில் காட்டும் எண்ணும் உள்ளே இருக்கும் வெப்பமும் பல ஓவன்களில் ஒத்துப்போவதில்லை.

கேள்வி: ‘மெழுகு பூசாத எலுமிச்சை’ என்ற பலகையைப் பார்த்து வாங்கினேன். வெந்நீர் ஊற்றியதும் தோலின்மேல் வெள்ளைப் படலம் வந்தது. துருவிப் போட்டதைச் சாப்பிட்டும்விட்டோம்.

பதில்: முதலில் கவலையை விடுங்கள். பழங்களுக்குப் பூசும் ஷெல்லாக், கார்னௌபா போன்ற மெழுகுகள் உண்பதற்கு அனுமதிக்கப்பட்டவை. ஆனால் பலகை பொய் சொல்லியிருக்கிறது. படலம் தெரியும் பழத்தைப் படம் எடுத்துக்கொண்டு போய்ப் பணத்தைத் திரும்பக் கேளுங்கள். கடைகள் தாமாகச் சொல்லாத இன்னொன்றும் உண்டு: மெழுகு இல்லை என்றால் மருந்தும் இல்லை என்று பொருளாகாது. அறுவடைக்குப் பின் இமசாலில், தயபெண்டசோல் போன்ற பூஞ்சைக்கொல்லிகளைத் தோலின்மேல் இடுவது உலகெங்கும் வழக்கம். சாறு மட்டும் வேண்டுமென்றால் எந்தப் பழமும் சரி. தோலைத் துருவப் போகிறீர்கள் என்றால், அறுவடைக்குப் பின் மருந்திடாத பழம் என்று எழுதியிருப்பதை வாங்கி, வெந்நீரில் தூரிகையால் தேய்த்துக் கழுவுங்கள்.

கேள்வி: ஓவனில் வைத்த தட்டு பெரும் ஓசையுடன் முறுக்கிக்கொண்டது. எண்ணெய் முழுதும் ஒரு மூலைக்கு ஓடிவிட்டது. கடையில் மாற்றித் தர மறுக்கிறார்கள்.

பதில்: இதே அனுபவம் எனக்கும் உண்டு. நான் வாங்கிய தட்டின் முன்பக்கத்தில் ‘ஓவனுக்கு ஏற்றது’ என்று கொட்டை எழுத்தில் இருந்தது. அடிப்பக்கத்து ஒட்டுத்தாளில் பொடி எழுத்தில் ‘அதிகபட்சம் 180 டிகிரி’. கிழங்கு சுட 200 முதல் 220 டிகிரி வேண்டும் என்னும்போது, அந்த முன்பக்க வாசகம் முழு உண்மையாகாது. உங்கள் தட்டில் அப்படி எந்த வரம்பும் எழுதப்படவில்லை என்று சொல்லியிருக்கிறீர்கள், ஆகவே மாற்றித் தரும் பொறுப்பு அவர்களுடையது. அந்தக் காரணத்தை எழுத்தில் கொடுங்கள். அடுத்த முறை ஓரம் மடித்துத் தடித்த விளிம்பு வைத்த, கையில் எடுத்தால் கனம் தெரிகிற தட்டாகப் பாருங்கள். இரு மூலைகளைப் பிடித்து முறுக்கினால் வளைவதை அங்கேயே வைத்துவிடுங்கள்.

கேள்வி: எலுமிச்சை பிழிந்த கிழங்கை அலுமினியத் தாளில் மூடி வைக்கலாமா?

பதில்: வேண்டாம். அமிலமும் உப்பும் அலுமினியத்தை அரிக்கும். மூடியிட்ட கண்ணாடிப் பாத்திரம் போதும்.

கேள்வி: கட்டிய பையில் வாங்கிய உருளைக்கிழங்கில் பாதிக்கு மேல் பச்சை. ‘சுட்டால் சரியாகிவிடும்’ என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

பதில்: சுட்டாலும் சரியாகாது. பச்சை நிறம் வெளிச்சம் பட்டதன் அடையாளம். அதே வெளிச்சத்தில் சொலனைன் என்ற நச்சும் பெருகும், ஓவனின் வெப்பம் அதை அழிக்காது. சிறு திட்டு என்றால் ஆழமாகச் செதுக்கிவிடலாம்; பாதிப் பை பச்சை என்றால் அது விற்கத் தகாத பொருள். உள்ளே தெரியாத பையில் கட்டி உங்களுக்குத் தள்ளியிருக்கிறார்கள். பையோடும் ரசீதோடும் திரும்பப் போய், மேலாளரைக் கேளுங்கள். மாற்றாகத் தரும் பையை அங்கேயே அவிழ்த்துப் பாருங்கள். வீட்டுக்கு வந்ததும் இருளான, காற்றோட்டமுள்ள இடத்தில் வையுங்கள், ஃபிரிட்ஜில் வேண்டாம். கடுங்குளிரில் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும்; அந்தக் கிழங்கைச் சுட்டால் விரைவில் கருத்து, 2002-இல் ஸ்வீடன் ஆய்வாளர்கள் உணவில் கண்டறிந்த, புற்றுநோயைத் தூண்டக்கூடும் எனக் கருதப்படும் அக்ரிலமைடு என்ற வேதிப்பொருள் அதில் கூடுதலாக உருவாகும்.