மணிக்கொரு ஊடை: தூங்காத மாமனார்

அன்புள்ள ஆலோசகர் அவர்களுக்கு,

நாங்கள் காவேரிப்பட்டணம் பக்கம். என் மாமனாருக்கு 68 வயது. சேலத்தில் பட்டுத்தறி ஓட்டியவர். போன வருஷத்துக்கு முந்தின ஆடியில் அத்தை தவறிப்போனதிலிருந்து வீட்டுக் குழித்தறியில் 'காலத் துணி' நெய்கிறார். மணிக்கு ஒரு ஊடை, அதாவது ஒரு குறுக்கிழை. பகலுக்கு மஞ்சள், இரவுக்கு நீலம். சுவர்க்கடிகாரம் மணி அடித்ததும் கொக்கி விடுபட்டு, எடைக்கல் இறங்கி, ஜக்கார்டு அட்டை (நெசவு வடிவத்தைச் சொல்லும் துளை அட்டை) ஒன்று நகரும்படி அவரே செய்து வைத்திருக்கிறார். மொத்தம் 24 அட்டை. அங்குலத்துக்கு 48 ஊடை, அதனால் ஒரு நாள் என்பது அரை அங்குலம்.

இரவிலும் மணிக்கு மணி எழுந்துவிடுகிறார். தலைத் திவசம் முடிந்து ஒரு வருஷத் துணியும் முடிந்தது, அறுத்து வைப்பார் என்று இருந்தோம். அடுத்த துணிக்குப் பாவு (நெடுக்கிழைகள்) ஏற்றிவிட்டார். உடம்பு பாதியாகிவிட்டது. ஒருநாள் இருட்டில் தறிக்குழிக்குள் விழுந்தார். ஒரு மணி தவறினால் சாப்பிடுவதில்லை. அன்று நெய்ததை எல்லாம் பிரிக்கிறார். பாவம் என்று என் வீட்டுக்காரர் 1, 2, 3 மணிக்குத் தானே எழுந்து ஊடை போடுகிறார். நாத்தனார் தறியையே கழற்றிவிடச் சொல்கிறார். என்ன செய்யட்டும்?

அன்புள்ள சகோதரிக்கு,

தறியைக் கழற்ற வேண்டாம். அவர் கணக்கைப் போட்டுப் பாருங்கள். 365 நாளுக்கு 8,760 ஊடை, அதாவது 182.5 அங்குலம், பதினைந்தேகால் அடி. ஐந்தரை மீட்டர் புடவையில் முந்தானை மட்டும்தான் பாக்கி. மனைவி இல்லாத ஒரு வருஷத்தைப் புடவை நீளத்துக்கு நெய்திருக்கிற மனிதரைக் கிறுக்கு என்று யாரும் சொல்ல விடாதீர்கள்.

அவரைக் கெடுப்பது துணி இல்லை, ராத்திரி விழிப்பு. தூக்கத்தின் ஒரு சுற்றே ஏறக்குறைய 90 நிமிஷம். மணிக்கொரு தரம் எழுந்தால் எந்தச் சுற்றும் முடியாது, ஆழ்ந்த தூக்கமும் போதுமான அளவு கிடைக்காது. ஞாபகம் குறைவது, எரிச்சல், இரத்த அழுத்தம், தடுமாறி விழுவது எல்லாம் இதன் பின்னால் வரும். இன்றைக்கே குழியின் மேல் போட ஒரு பலகையும், இரவு முழுக்க எரிய ஒரு சின்ன விளக்கும் ஏற்பாடு செய்யுங்கள்.

தூக்கத்தைப் பற்றிப் பேசினால் அவர் கேட்க மாட்டார். நெசவைப் பற்றிப் பேசினால் கேட்பார். பாவு விறைப்பாக ஒரு மணி நேரம் சும்மா நின்றால் இழை கொஞ்சம் நீளும், நெய்த துணியின் விளிம்பும் இடம் மாறும். மறுபடி அடிக்கிற முதல் ஊடை நெருங்கியோ விலகியோ விழுந்து, குறுக்கே கோடு தெரியும். மணிக்கொரு தரம் நிறுத்தி ஓட்டுகிற துணியில் அந்தக் கோடு எத்தனை இருக்கும் என்று அவருக்கே தெரியும். "மாமா, ராத்திரி பத்திலிருந்து அஞ்சு வரைக்கும் உள்ள எட்டு ஊடையை விடியக்காலம் அஞ்சு மணிக்குச் சேர்த்துப் போட்டா கணக்கும் குறையாது, துணியும் சீரா விழும் இல்லையா?" என்று கேளுங்கள். எழும்போது பாவைத் தளர்த்திவிட்டு, உட்காரும்போது இழுத்துக்கொள்ளட்டும். இரவில் எடைக்கல்லைக் கழற்றி, அந்த எட்டு அட்டையையும் காலையில் வழக்கம்போல மிதியால் நகர்த்தலாம்.

இதற்கு அவர் என்ன பதில் சொல்கிறார் என்பதை வைத்து நிறையப் புரிந்துகொள்ளலாம். யோசித்து ஒப்புக்கொண்டால் இது பெரும்பாலும் துக்கமும் தொழில் பற்றும்தான். சரி என்று பட்டும் முடியாமல் கை நடுங்கி, வியர்த்து, மறுபடி தறிக்கு ஓடினால் எண்ணச் சுழற்சி நோயாக (ஒரே எண்ணம் விடாமல் வந்து ஒரே செயலைத் திரும்பத் திரும்பச் செய்ய வைப்பது, OCD) இருக்கலாம். ஒரு வருஷம் தாண்டியும் துக்கம் அன்றாட வாழ்க்கையை முடக்கினால் அதற்கும் தனிச் சிகிச்சை உண்டு. உணவை ஒதுக்குவதும் நெய்ததைப் பிரிப்பதும் எனக்குக் கவலை தருகின்றன. அதனால் அவர் ஒப்புக்கொண்டாலும் ஒருமுறை மருத்துவரிடம் காட்டியே ஆக வேண்டும்.

உங்கள் வீட்டுக்காரர் பாசத்தில்தான் செய்கிறார். ஆனால் அவர் போடும் ஒவ்வொரு ஊடையும் 'தவறினால் ஆபத்து' என்ற பயத்தை மெய்யாக்கிவிடுகிறது. சட்டென்று நிறுத்த வேண்டாம். மாமாவிடம் முன்கூட்டியே சொல்லிவிட்டு, முதல் வாரம் 2 மணி ஊடையை மட்டும் காலைக்குத் தள்ளுங்கள். அது பழகியதும் 1, 3. பிறகு மற்றவை. பதற்றம் ஏறும்போது பக்கத்தில் உட்காருங்கள்; தறிக்குப் போகாமல் இருந்தால் தானே இறங்கும். கடைசிப் படிதான் கஷ்டம்: தவறின மணியைத் தவறினதாகவே விட்டு, பிரிக்காமல் மேலே நெய்வது. அதை மருத்துவரின் துணையோடு செய்யுங்கள்.

கிருஷ்ணகிரி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவுக்குக் கூட்டிப் போங்கள். சர்க்கரை, இரத்த அழுத்தம், தைராய்டு, பி12 பார்க்கச் சொல்லுங்கள். இரவில் சிறுநீருக்காகவும் எழுகிறாரா என்பதைக் கவனித்துச் சொல்லுங்கள். மாத்திரை எழுதினால் பலன் தெரியச் சில வாரம் ஆகும், நடுவில் நிறுத்த வேண்டாம். மருந்துக்கடையில் நீங்களாகத் தூக்க மாத்திரை வாங்கிக் கொடுக்கவே கூடாது. இந்த வயதில் அது இன்னும் விழ வைக்கும்.

"நானும் அவகிட்டயே போயிடறேன்" என்கிற மாதிரி ஒரு வார்த்தை வந்தால் நாள் பார்க்காதீர்கள். 14416 என்ற அரசு மனநல உதவி எண்ணில் 24 மணி நேரமும் இலவசமாகத் தமிழில் பேசலாம். அன்று அவரைத் தனியே விடாமல் மருத்துவமனைக்குக் கூட்டிப் போய்விடுங்கள்.