ராபின் என்ற பெயரின் பொருளும் வேரும்

கேள்வி: நானும் என் மனைவியும் ஜெர்மனியில் ஸ்டுட்கார்ட் நகரில் வசிக்கிறோம். இன்னும் மூன்று மாதத்தில் எங்களுக்கு முதல் குழந்தை பிறக்க இருக்கிறது. ஆணா பெண்ணா என்று முன்கூட்டியே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டாம் என முடிவு செய்திருப்பதால், இருபாலுக்கும் பொருந்துகிற, கூப்பிடும்போதே கொஞ்சல் தெரிகிற, இந்நாட்டு மொழியில் வேருள்ள ஒரு பெயரைத் தேடி ‘ராபின்’ என்பதில் வந்து நிற்கிறோம். ஊரிலிருக்கும் அம்மா, அது வெறும் குருவிப் பெயர், அர்த்தமில்லாதது என்கிறார். இங்குள்ள நண்பர் ஒருவர், ஆணா பெண்ணா என்று காட்டாத பெயரைப் பதிவு அலுவலகம் ஏற்காது என்கிறார். இப்பெயரின் உண்மையான பொருள் என்ன? இதை வைக்கலாமா?

பதில்: வைக்கலாம். தங்கள் நண்பர் சொல்வது 2008ஆம் ஆண்டு வரை ஏறக்குறைய உண்மையாக இருந்தது, இப்போது இல்லை. தங்கள் அம்மா சொல்வதோ தலைகீழாக மாறிப்போன ஒரு செய்தி. இப்பெயர் குருவியிடமிருந்து மனிதருக்கு வரவில்லை. மனிதரிடமிருந்து குருவிக்குப் போனது. இரண்டையும் விளக்குவதற்கு முன் பெயரின் வேரைப் பார்த்துவிடுவது நல்லது, ஏனெனில் அம்மாவுக்குத் தாங்கள் சொல்ல வேண்டிய பதில் அங்கேதான் இருக்கிறது.

ராபின் என்பது ராபர்ட் என்ற பெயரின் செல்ல வடிவம். ராபர்ட்டின் பழைய ஜெர்மானிய வடிவத்தை ‘ஹ்ரோத்பெர்ஹ்த்’ என்று தமிழில் ஒருவாறு எழுதலாம். இது இரண்டு சொற்கள் சேர்ந்த தொடர். ‘ஹ்ரோத்’ என்றால் புகழ். ‘பெர்ஹ்த்’ என்றால் ஒளி பொருந்திய என்று பொருள். ஒளிர்வதைக் குறிக்கும் இன்றைய ஆங்கிலச் சொல்லான ‘பிரைட்’ இந்த இரண்டாம் பகுதியோடு பிறந்ததே. முதற்பகுதி ரோலண்ட், ரூடால்ஃப், ரோஜர் ஆகிய பெயர்களிலும், இரண்டாம் பகுதி ஆல்பர்ட், ஹெர்பர்ட், கில்பர்ட் ஆகியவற்றிலும் இன்றுவரை ஒளிந்திருக்கின்றன. ஜெர்மன் பேசும் நாடுகளில் அதே தொடர் ரூபர்ட் என்றும் ரூப்ரெஹ்ட் என்றும் திரிந்து வழங்குகிறது. ஆஸ்திரியாவின் சால்ஸ்பர்க் நகரம் காவலராகப் போற்றும் புனித ரூபர்ட்டும், கிறிஸ்துமஸ் காலத்தில் புனித நிக்கோலாசோடு துணையாக வரும் ரூப்ரெஹ்ட் என்ற நாட்டார் உருவமும் பெயரளவில் ராபினுக்கு உறவினர்களே.

இந்த இரண்டு வேர்களையும் இன்னும் பின்னோக்கிக் கொண்டுபோனால் தங்கள் அம்மாவுக்குப் பழக்கமான ஒரு சொல் எதிர்ப்படும். ‘ஹ்ரோத்’ என்பதைப் புகழ்ந்து பாடுதல் என்ற பொருளுள்ள ஓர் இந்தோ-ஐரோப்பிய வேரோடு மொழிநூலார் இணைக்கிறார்கள். அந்த வேரின் வடமொழிக் கிளையாக அவர்கள் காட்டுவது ‘கீர்த்தி’. அதே போல் ‘பெர்ஹ்த்’ என்பதற்கு வடமொழியில் உறவாக இருப்பது, ஒளிர்தலைக் குறிக்கும் ‘ப்ராஜ்’ என்ற வினைவேர். ஆகவே ராபின் என்ற பெயருக்குள் இருக்கும் புகழும் நம் வீடுகளில் ஆண்பிள்ளைக்கும் பெண்பிள்ளைக்கும் வைக்கப்படும் கீர்த்தியும் மிகத் தொலைவில் ஒரு வேரைப் பகிர்ந்துகொள்கின்றன. அர்த்தமில்லாத பெயர் என்று சொன்னவருக்கு இதைவிட நெருக்கமான விடை எனக்குத் தெரியவில்லை.

ஆனாலும் ஓர் எச்சரிக்கை. பெயர்ப் பட்டியல்களில் ‘புகழால் ஒளிர்பவர்’ என்று ஒரே தொடராகப் பொருள் கொடுத்திருப்பார்கள். பழைய ஜெர்மானியக் குடிகள் பெயரை ஒரு வாக்கியம்போல் நினைத்து எப்போதும் அமைக்கவில்லை. தந்தையின் பெயரிலிருந்து ஒரு பகுதி, தாயின் பெயரிலிருந்தோ பாட்டனின் பெயரிலிருந்தோ இன்னொரு பகுதி என்று எடுத்துச் சேர்ப்பதும் அவர்களிடம் வழக்கம். பகுதிகளின் பொருள் உறுதியானது. அவற்றை இணைத்துச் சொல்லும் விளக்கம் பின்னால் வந்தவர்கள் தந்தது. யாராவது கேட்டால் ‘புகழும் ஒளியும்’ என்று சொல்லுங்கள். அதுவே போதுமானது, பிழையற்றதும்கூட.

இனி, இருபாலுக்கும் பொருந்துவது எப்படி வந்தது என்பதைப் பார்க்கலாம். அந்தப் பழைய இருபகுதிப் பெயர்களில் பாலைத் தீர்மானித்தது இரண்டாம் பகுதி. ‘ஹில்ட்’, ‘குண்ட்’, ‘ட்ரூட்’ என்று முடிந்தால் பெண். ‘ஹார்ட்’, ‘ரிக்’, ‘பெர்ஹ்த்’ என்று முடிந்தால் ஆண். பெயர் முழுதாக இருந்தவரை ஐயத்துக்கு இடமில்லை. வீட்டிலும் தெருவிலும் கூப்பிடுவதற்காகப் பெயரைச் சுருக்கியபோதுதான் பாலைச் சொல்லும் வால் அறுந்துபோனது. மணிவண்ணனும் மணிமேகலையும் வீட்டுக்குள் வந்ததும் மணி ஆகிவிடுவதை அறிந்த நமக்கு இது புதிய செய்தியன்று. ராபர்ட், ‘ராப்’ ஆனபோது ‘பெர்ஹ்த்’ என்ற பகுதியிலிருந்து மிஞ்சியது ஒரே ஓர் எழுத்தின் ஒலி. அந்தத் துண்டோடு ‘இன்’ என்ற பிரெஞ்சுக் குறுமை விகுதி சேர்ந்து ராபின் பிறந்தது. எனவே தூய ஜெர்மானியப் பெயர் என்று இதைச் சொல்ல மாட்டேன். வேர் ஜெர்மானியம், விகுதி பிரெஞ்சு, புகழ் தேடிக்கொடுத்தது இங்கிலாந்து. 1066இல் நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றியபோது ராபர்ட் அவர்களுடைய அரச குடும்பத்துப் பெயராக இருந்தது. வெற்றிபெற்ற வில்லியமின் தந்தையும் ராபர்ட், மூத்த மகனும் ராபர்ட். ஜெர்மனிக்கு இந்தச் செல்ல வடிவம் பின்னாளில் ஆங்கிலம் வழியாகத் திரும்பி வந்தது. இருபாலுக்கும் வைக்கப்படும் பெயர்கள் என்று இங்கே பரிந்துரைக்கப்படும் டோனி, சாஷா, லூக்கா ஆகியவற்றின் வேர்கள் இலத்தீனத்திலும் கிரேக்கத்திலும் இருப்பதை நினைத்தால், வெளியூர் போய்த் திரும்பிய இந்தப் பெயருக்கு ஜெர்மானிய உரிமை கூடுதலாகவே உண்டு.

தாங்கள் விரும்பும் கொஞ்சல் இதன் வரலாறு முழுவதும் நிறைந்திருக்கிறது. இடைக்கால இங்கிலாந்தில் பெயர்களைச் சுருக்கி, சுருக்கியதை எதுகையாக மாற்றி விளையாடும் பழக்கம் இருந்தது. ராப் என்பது ஹாப் ஆயிற்று, டாப் ஆயிற்று, நாப் ஆயிற்று, பாப் ஆயிற்று. இவை பின்பு குடும்பப் பெயர்களாகவும் உறைந்தன. ராபின்சன், ராப்சன், ஹாப்சன், டாப்சன், ஹாப்கின்ஸ் எல்லாரும் ஏதோ ஒரு ராபர்ட்டின் வழியினர். வீட்டு வேலையில் இரவோடு இரவாக உதவிவிட்டுக் குறும்பும் செய்துபோகும் குட்டித் தேவதையை ஆங்கிலேய நாட்டார் ‘ராபின் நற்றோழன்’ என்று பொருள்படும் பெயரால் அழைத்தார்கள்; ‘ஹாப்காப்ளின்’ என்ற குறளிப் பெயரின் முற்பகுதியும் அதே ஹாப்தான். காட்டில் வாழ்ந்த வில்லாளி ராபின் ஹுட்டைப் பற்றிய பாட்டுகள் மக்களிடையே வழங்கியதை 1377ஐ ஒட்டி எழுதப்பட்ட ஓர் ஆங்கிலக் கவிதை குறிப்பிடுகிறது. அதற்கும் ஏறத்தாழ நூறாண்டுகள் முன்பே பிரெஞ்சு இசை நாடகம் ஒன்றில் மரியோன் என்ற இடைப்பெண்ணின் காதலனாக ராபின் வந்துவிட்டான். பிரான்சில் ஆட்டையும் செல்லமாக ராபின் என்று அழைத்தார்கள்; தண்ணீர்க் குழாயின் வாயை ஆட்டுத்தலை வடிவில் செய்யும் வழக்கம் இருந்ததால், திருகுகுழாய்க்கு இன்றுவரை பிரெஞ்சில் ‘ரொபினே’ என்றே பெயர். ஒரு பெயரை மக்கள் எவ்வளவு அன்போடு வாயில் போட்டுக்கொண்டிருந்தால் அது ஆட்டுக்கும் குழாய்க்கும் போய் ஒட்டிக்கொள்ளும் என்பதை எண்ணிப் பார்க்கும்போது எனக்கு இப்பெயர் மீது தனிப் பற்றே வருகிறது.

குருவிக்கும் அப்படித்தான் போய் ஒட்டியது. இங்கிலாந்தின் தோட்டங்களில் மனிதருக்கு அருகே துணிவாக வந்து நிற்கும் அந்தச் சிறு பறவையைப் பழைய ஆங்கிலேயர் ‘ருடக்’ என்றார்கள். பிறகு செம்மார்பன் என்று பொருள்படும் பெயரால் அழைத்தார்கள். 15ஆம் நூற்றாண்டில், பக்கத்து வீட்டுப் பிள்ளையைக் கூப்பிடுவதுபோல், அந்தப் பெயருக்கு முன்னால் ராபின் என்று சேர்த்தார்கள். காலப்போக்கில் செம்மார்பு உதிர்ந்து ராபின் மட்டும் நின்றது. பின்பு அமெரிக்காவுக்குக் குடியேறியவர்கள் அங்கே கண்ட செம்மார்புள்ள வேறொரு பறவைக்கும் ஊர் நினைவாக இப்பெயரை வைத்தார்கள். ஜெர்மன் மொழியிலோ அப்பறவைக்கு ‘ரோட்கேல்ஷென்’, அதாவது சின்னச் செங்கழுத்து என்று பெயர். ஆகவே தாங்கள் வசிக்கும் ஊரில் ராபின் என்றதும் யாருக்கும் குருவி நினைவுக்கு வராது. இருந்தாலும் அம்மாவிடம் ஒன்றைச் சொல்லலாம்: அந்தப் பறவையில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே சிவந்த மார்புதான், பார்த்துப் பிரித்தறிய முடியாது, குளிர்காலத்தில் இரண்டுமே தனித்தனியாகத் தம் எல்லையைக் காத்துப் பாடும்.

நாட்டுக்கு நாடு இப்பெயர் எந்தப் பக்கம் சாய்கிறது என்பது தங்கள் முடிவைப் பாதிக்கக்கூடியது. அமெரிக்காவில் 1950களிலும் 60களிலும் பிறந்த பெண்கள் பலருக்கு ராபின் என்று பெயர். அங்கே அது பெண் பெயராகவே பெரிதும் கேட்கும். ஸ்வீடனில் புகழ்பெற்ற பாடகி ராபினின் இயற்பெயரே ராபின் மிரியம் கார்ல்சன். அதே நாட்டின் டென்னிஸ் வீரர் ராபின் சோடர்லிங் ஆண். நெதர்லாந்தில் கால்பந்து வீரர் ராபின் வான் பெர்சி நினைவுக்கு வந்தாலும், பெண்களுக்கும் அங்கே இப்பெயர் வைக்கிறார்கள். ஜெர்மனியில் சாய்வு ஆண் பக்கமே. பெண் குழந்தைக்கு இப்பெயரை வைத்தால், நேரில் பார்க்காதவர்கள் ‘திரு’ என்று முகவரியிட்டுக் கடிதம் அனுப்பும் நாள்கள் அவள் வாழ்வில் வரத்தான் செய்யும். அது பெயரை விலக்கும் அளவுக்குப் பெரிய குறை என்று நான் கருதவில்லை. ஆனால் தெரிந்தே தேர்ந்தெடுங்கள்.

அடுத்து, பதிவு அலுவலகம். ஜெர்மானியப் பதிவு அலுவலர்களுக்கு நீண்ட காலம் வழிகாட்டிய நிர்வாக விதியின்படி, முதற்பெயர் குழந்தையின் பாலைக் காட்ட வேண்டும்; ராபின், கிம் போன்ற பெயராக இருந்தால் பாலை ஐயமின்றிக் காட்டும் இரண்டாம் பெயர் ஒன்றைச் சேர்க்கச் சொல்வார்கள். 2008 டிசம்பர் 5 அன்று கூட்டாட்சி அரசியலமைப்பு நீதிமன்றம் இதை மாற்றியது. வழக்குக்குக் காரணமான பெயர் நம் நாட்டுப் பெயர் என்பது குறிப்பிடத்தக்கது: தம் மகளுக்குக் ‘கிரண்’ என்று பெயரிட்ட பெற்றோரின் விருப்பத்தை அலுவலகம் மறுத்திருந்தது. முதற்பெயர் பாலைக் காட்டியே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை, பெயரிடும் பெற்றோரின் உரிமைக்கு எல்லை குழந்தையின் நலன் மட்டுமே, குழந்தை தன் பாலுக்கேற்பத் தன்னை அப்பெயரோடு பொருத்திக்கொள்ள முடியாத நிலை இருந்தால்தான் மறுக்க முடியும் என்று நீதிமன்றம் கூறியது. கிரணுக்குக் கிடைத்த அந்தத் தீர்ப்பு தங்கள் ராபினுக்கும் பொருந்தும்.

ஆகவே இரண்டாம் பெயர் இப்போது கட்டாயமில்லை. இருந்தாலும் ஒன்று வைக்கும்படி பரிந்துரைக்கிறேன், காரணம் சட்டமன்று. தெளிவான தமிழ்ப் பெயர் ஒன்று கூடவே இருந்தால், வளர்ந்த பிறகு எதை முன்னிறுத்துவது என்று பிள்ளையே தேர்ந்துகொள்ளலாம்; ஊரில் தாத்தா பாட்டிக்கும் கூப்பிட ஒரு பெயர் கிடைக்கும். பிறப்பை ஒரு வாரத்துக்குள் அறிவிக்க வேண்டும். மருத்துவமனையில் பிறந்தால் அவர்களே அறிவித்துவிடுவார்கள். பெயர் முடிவாகவில்லை என்றால் அதைத் தெரிவிக்க ஒரு மாதம் அவகாசம் உண்டு. குழந்தையின் முகத்தைப் பார்த்த பின் முடிவு செய்ய நினைத்தால் அந்த மாதத்தைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள். அலுவலர் எவரேனும் தயங்கினால், வீஸ்பாடன் நகரிலுள்ள ஜெர்மன் மொழிச் சங்கம் பெயர்களைப் பற்றிக் கருத்துரை வழங்குகிறது. ராபினுக்கு அந்த நிலை வரும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

இந்தியப் பின்னணியுள்ள பிள்ளைக்கு இப்பெயர் ஒட்டுமா என்ற தயக்கம் இருந்தால் இரண்டு பேரை நினைத்துக்கொள்ளலாம். தங்கள் நகரத்துக் கால்பந்துக் கழகங்களில் பணியாற்றிய பயிற்சியாளர் ராபின் டட், கொலோன் நகரில் வங்காளத் தந்தைக்கும் ஜெர்மானியத் தாய்க்கும் பிறந்தவர். டிரினிடாடில் பிறந்து, சென்னைக்கு வந்து, தமிழ்நாட்டுக்காகவும் இந்தியாவுக்காகவும் கிரிக்கெட் ஆடிய ராபின் சிங்கின் இயற்பெயர் ரபீந்திர ராமநாராயண சிங். வங்காளத்தில் ரவீந்திரன் என்ற பெயரைச் சுருக்கினாலும் ராபின் என்றே ஒலிக்கும். அதன் பொருள் கதிரவன். அது வேறு வேர், வேறு பெயர். ஒலி ஒன்றாக அமைந்தது தற்செயல். தங்கள் அம்மாவுக்கு ரவி என்ற சொல் நிறைவு தருமானால் அந்தத் தற்செயலை ஏற்பதில் தவறில்லை.

எழுத்தில் ஒரு முடிவு மட்டும் மீதமிருக்கிறது. உரோம எழுத்தில் ‘ஐ’ இட்டு எழுதுவதே இருபாலுக்கும் பொதுவானது. ‘ஒய்’ இட்டு எழுதினால் ஆங்கில உலகில் பெண் என்று முடிவு செய்துவிடுவார்கள். தமிழில் ராபின் என்பது தமிழ்நாட்டு வழக்கம். ரகரம் சொல்லுக்கு முதலில் வராது என்ற பழைய விதியைப் பேணுவோர் இராபின் என்பார்கள். ஈழத்து மரபில் றொபின் என்று எழுதுவது இயல்பு. ஜெர்மானியர் வாயில் முதலெழுத்து ‘ரா’ என்று விரியாமல் ‘ரொ’ என்றோ ‘ரோ’ என்றோ ஒலிப்பதால், பள்ளியில் பிள்ளை கேட்கப்போகும் ஒலிக்கு ரொபின் என்ற வடிவமே நெருக்கமானது. இவற்றில் ஒன்றைப் பிறந்த நாளிலேயே தேர்ந்து, ஜாதகம் முதல் அழைப்பிதழ் வரை அதையே எழுதி வாருங்கள்.