கணினி கேள்வி பதில்: காணாமற்போன ஜப்பானியக் கோப்பு

கேள்வி: ஒரகடத்தில் ஒரு தொழிற்சாலையின் மொழிபெயர்ப்புப் பிரிவில் பணிபுரிகிறேன். வீட்டு மடிக்கணினியில் விண்டோஸ் 11 உள்ளது. பழைய மென்பொருள் ஒன்றை நீக்கியதிலிருந்து, ஜப்பானிய உள்ளீட்டுக்கு மாறினாலே ‘ஐ.எம்.ஜே.பி.’ எனத் தொடங்கும் டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை என்ற செய்தி வருகிறது. ரிச்சி தெருக் கணினிக் கடைகளில் விசாரித்தபோது, அந்த ஒரு கோப்பை மட்டும் இணையத்திலிருந்து இறக்கி சிஸ்டம்32 கோப்புறையில் போட்டால் போதும் என்றார்கள். செய்யலாமா?
— வாசகி, அசோக் நகர்

பதில்: தயவுசெய்து செய்ய வேண்டாம். இந்த ஆலோசனையைக் கேட்டுக் கெட்டுப்போன கணினிகள் பல என்னிடம் வந்திருப்பதால், இதை அழுத்தமாகவே சொல்கிறேன்.

டி.எல்.எல். என்பது பல செயலிகள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்தும் நிரல் தொகுப்பு; இதை நூலகம் என்றும் சொல்வோம். நீங்கள் வேர்டில் ஒரு விசையை அழுத்தும்போது, அந்த அழுத்தம் விண்டோஸின் பொதுவான உள்ளீட்டு நூலகங்களின் வழியாக ஜப்பானிய உள்ளீட்டு நூலகத்தை அடைந்து, அங்கே அகராதியில் தேடப்பட்டு, எழுத்தாக மாறித் திரும்புகிறது. இக்கோப்புகள் ஒரே பதிப்பைச் சேர்ந்த ஒரு குடும்பம் போன்றவை. வேறொரு பதிப்பிலிருந்து தனியே பிரித்தெடுத்த கோப்பு அவற்றோடு ஒட்டாது. போதாக்குறைக்கு, 64 பிட் விண்டோஸில் 64 பிட் நூலகங்கள் சிஸ்டம்32 கோப்புறையிலும், 32 பிட் நூலகங்கள் சிஸ்வாவ்64 கோப்புறையிலும் இருக்கின்றன. பெயரைப் பார்த்தால் தலைகீழாகத் தோன்றும், ஆனால் உண்மை அதுதான். கோப்பை இடம் மாற்றிப் போட்டுவிட்டால் ஒரு பிழைக்குப் பதில் இன்னொரு பிழை வந்து நிற்கும்.

இவற்றையெல்லாம் விட நான் அஞ்சுவது வேறொன்று. உள்ளீட்டு நூலகம் நீங்கள் தட்டச்சு செய்யும் செயலிகள் ஒவ்வொன்றுக்குள்ளும் ஏற்றப்படுகிறது. மின்னஞ்சலில் எழுதினாலும், வங்கிக் கணக்கின் பக்கத்தைத் திறந்தாலும் அது உடனிருக்கும். முகம் தெரியாத ஒருவர் கொடுத்த கோப்பை அந்த இடத்தில் அமர்த்துவது வீட்டுச் சாவியையே எடுத்துக் கொடுப்பதற்குச் சமம்.

ரிச்சி தெருக்காரர்கள் கெட்ட எண்ணத்தில் சொல்லியிருக்க மாட்டார்கள். விண்டோஸ் எக்ஸ்பி காலத்தில் கிழக்காசிய மொழிகளுக்கான கோப்புகளைத் தனியே தேர்ந்தெடுத்து நிறுவ வேண்டியிருந்தது. அதற்கு ஏறத்தாழ 230 எம்.பி. இடமும் நிறுவல் குறுந்தகடும் தேவைப்பட்டன. குறுந்தகடு கைவசம் இல்லாதவர்கள் பக்கத்துக் கணினியிலிருந்து கோப்பை நகலெடுத்துச் சமாளித்தார்கள். அந்தப் பழக்கம்தான் இன்றும் தொடர்கிறது.

நீங்கள் செய்ய வேண்டியது இதுதான். கட்டளைச் சாளரத்தை நிர்வாகி உரிமையுடன் திறந்து, எஸ்.எஃப்.சி. என்ற மூன்று ஆங்கில எழுத்துகளையும், ஓர் இடைவெளி விட்டு, முன்னால் சாய்கோடு (/) இட்ட ஸ்கேன்நவ் என்ற சொல்லையும் ஆங்கிலத்தில் தட்டச்சு செய்து என்டர் அழுத்துங்கள். விண்டோஸ் தன் கோப்புகளைத் தானே சோதித்து, காணாமற்போனவற்றைத் தன் சேமிப்பிலிருந்து மீட்டு வைக்கும். சில கோப்புகளைச் சரிசெய்ய முடியவில்லை என்று அது சொன்னால், அந்தச் சேமிப்பே பழுதாகியிருக்கக்கூடும், முதலில் டி.ஐ.எஸ்.எம். கட்டளையால் அதைச் சீராக்கிவிட்டு மறுபடியும் சோதியுங்கள். பிறகும் சிக்கல் தீரவில்லையென்றால், அமைப்புகளில் மொழிப் பட்டியலிலிருந்து ஜப்பானியத்தை நீக்கி, கணினியை மறுதொடக்கம் செய்து, மீண்டும் சேருங்கள். அதற்குமுன், அலுவலகச் சொற்களைப் பயனர் அகராதியில் சேர்த்து வைத்திருந்தால், அகராதிக் கருவி வழியாக அவற்றை ஓர் உரைக் கோப்பாக ஏற்றுமதி செய்துகொள்ளுங்கள். ஆண்டுக்கணக்கில் சேர்த்த உதிரிபாகப் பெயர்கள் ஒரே நாளில் போய்விட்டால் அந்த இழப்பு பெரியது.

கேள்வி: தமிழுக்குச் சிறியதொரு மென்பொருளே போதுகிறது. ஜப்பானியத்துக்கு மட்டும் ஏன் இத்தனை நூலகக் கோப்புகள்?
— வாசகர், பெரம்பூர்

பதில்: தமிழில் விசைக்கும் எழுத்துக்கும் உள்ள உறவு முன்கூட்டியே தீர்மானிக்கப்பட்டது. தமிழ்99 விசைப்பலகையில் ககரத்தை இருமுறை அழுத்தினால் முதலாவதற்குத் தானே புள்ளி விழுந்து ‘க்க’ வரும். இது ஒரு விதி, இதற்கு அகராதி வேண்டாம். ஜப்பானியத்தில் ஒலியை உள்ளிட்ட பிறகுதான் வேலையே தொடங்குகிறது. ‘கிஷா’ என்று உள்ளிட்டால் ரயில், செய்தியாளர், தங்கள் நிறுவனம், அலுவலகம் திரும்புதல் ஆகிய நான்குமே அந்த ஒலிக்குப் பொருந்தும். நான்குக்கும் எழுதும் காஞ்ஜி, அதாவது சீன வழி வந்த எழுத்து, வேறு. வாடிக்கையாளருக்கு எழுதும் கடிதத்தில் இடைவெளி விசையை அழுத்திச் சரியானதைத் தேர்ந்து, என்டர் அழுத்தி உறுதிசெய்ய வேண்டும். கவனக்குறைவால் ‘தங்கள் நிறுவனம்’ இருக்க வேண்டிய இடத்தில் ‘ரயில்’ போய்விடலாம்.

அன்றாடப் பயன்பாட்டுக்கென ஜப்பானிய அரசு வகுத்த பட்டியலிலேயே 2136 காஞ்ஜிகள் உள்ளன. ஆகவே அகராதி, வாக்கியத்தைச் சொற்களாகப் பிரிக்கும் நிரல், முன்பு தேர்ந்தவற்றை நினைவில் வைக்கும் பகுதி, தேர்வுப் பட்டியலைக் காட்டும் சாளரம் என எல்லாம் சேர்ந்தே இயங்கியாக வேண்டும். 1978இல் தோஷிபா அறிவித்த ஜே.டபிள்யூ.-10 என்ற முதல் ஜப்பானியச் சொற்செயலி ஒரு மேசையின் அளவு இருந்தது. விலை 63 லட்சம் யென். அன்று ஒரு மேசை முழுவதும் நிரம்பிய வேலையைத்தான் இன்று உங்கள் கணினியில் சில கோப்புகள் செய்கின்றன என்று எண்ணும்போது, அவற்றின் மீது எனக்கு மரியாதையே ஏற்படுகிறது.

கேள்வி: உபுண்டு லினக்ஸிலும் ஜப்பானிய உள்ளீட்டுக்கு இதே தொல்லை உண்டா?
— வாசகர், தாம்பரம்

பதில்: வேறு விதமாக உண்டு. அங்கே ஐபஸ் அல்லது எஃப்சிஐடிஎக்ஸ் என்ற உள்ளீட்டுச் சட்டகமும், அதற்குள் இயங்கும் ஒலியை எழுத்தாக மாற்றித் தரும் மோஸ்க் என்ற நிரலும் தேவை. மோஸ்க் என்பது கூகுள் தன் ஜப்பானிய உள்ளீட்டு மென்பொருளின் நிரலைக் கட்டற்ற மூலமாக 2010இல் வெளியிட்டபோது பிறந்தது. உபுண்டுவின் தொகுப்பு மேலாளர் வழியாகவே நிறுவுங்கள். உடன் வேண்டிய நூலகங்களை அதுவே கொண்டுவரும். நிறுவியவுடன் வேலை செய்யவில்லையே என்று பலர் எழுதுகிறார்கள்: ஒருமுறை வெளியேறி மீண்டும் உள்நுழைந்து, உள்ளீட்டு மூலங்களின் பட்டியலில் மோஸ்க்கைச் சேர்த்த பிறகு பாருங்கள்.