எலும்பு முறியவில்லை, ஆனாலும் காலைத் தூக்க முடியவில்லை

கேள்வி: என் தந்தைக்கு வயது 58. 15 ஆண்டுகளாகச் சர்க்கரை நோய் இருக்கிறது; சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியேட்டினின் அளவும் சற்றுக் கூடுதலாக உள்ளது. மூன்று வாரங்களுக்கு முன் மாடிப்படியில் இறங்கும்போது கால் வழுக்கியது. விழாமல் இருக்க வலது காலை ஊன்றியபோது முழங்காலில் ‘படக்’ என்று சத்தம் கேட்டதாம். எக்ஸ்ரேயில் எலும்பு முறிவு இல்லை என்பதால், ஜவ்வுப் பிசகு என்று கூறி கிரேப் பேண்டேஜும் வலி மாத்திரையும் கொடுத்தார்கள். வீக்கம் குறைந்துவிட்டது. ஆனால் நடக்கும்போது முழங்கால் திடீரென மடங்கிவிடுகிறது. படுத்திருக்கும்போது காலை நேராகத் தூக்க முடியவில்லை. முழங்கால் சில்லுக்கு மேலே விரல் பதியும் அளவுக்குப் பள்ளம் தெரிகிறது. எம்.ஆர்.ஐ. பார்த்த எலும்பு மருத்துவர், தசைநாண் முழுதாக அறுந்துள்ளது, அறுவை சிகிச்சை வேண்டும் என்கிறார். எண்ணெய் தடவிக் கட்டுப் போட்டால் போதும் என்று உறவினர்கள் சொல்கிறார்கள். சர்க்கரை உள்ளவருக்கு இந்த அறுவை சிகிச்சை அவசியமா? அவர் பழையபடி நடப்பாரா, தரையில் உட்காருவாரா?
— ஒரு வாசகி, விருதுநகர்

பதில்:

உங்கள் தந்தைக்கு அறுவை சிகிச்சை அவசியம் என்பதே என் கருத்து. அதற்கான ஏற்பாட்டை இந்த வாரமே தொடங்கிவிடுங்கள். ஊன்றிய காலில் கேட்ட சத்தம், சில்லுக்கு மேலே விழுந்த பள்ளம், காலை நேராகத் தூக்க இயலாமை ஆகிய மூன்றும் ஒருவரிடம் சேர்ந்து காணப்பட்டால், ஸ்கேன் எடுப்பதற்கு முன்பே தொடைத் தசையின் நாண் அறுந்திருப்பதைப் பெரும்பாலும் சொல்லிவிடலாம். எம்.ஆர்.ஐ.யும் அதையே உறுதிசெய்துவிட்ட நிலையில், கட்டுப் போட்டுக் காத்திருப்பதால் இழப்புதான் உண்டு. உறவினர்களிடம் நீங்கள்தான் எடுத்துச் சொல்ல வேண்டியிருக்கும் என்பதால், காரணங்களைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

முழங்காலை நீட்டும் வேலையைச் செய்வது, தொடையின் முன்புறத்தை நிறைத்திருக்கும் குவாட்ரிசெப்ஸ் என்ற தசைத் தொகுதி. அதன் நான்கு பகுதிகளில் மூன்று தொடை எலும்பிலிருந்தும் ஒன்று இடுப்பெலும்பிலிருந்தும் தொடங்கி, கீழே வந்து ஒரே தடித்த நாணாகச் சேர்ந்து சில்லின் மேல் விளிம்பில் பதிகின்றன. சில்லின் கீழ் முனையிலிருந்து இன்னொரு நாண் இறங்கி, முழங்காலுக்குக் கீழே உள்ள டிபியா எலும்பின் முன்புறத்தில் கையால் தொட்டால் தட்டுப்படும் மேட்டில் பதிகிறது. சில்லின் இரு பக்கங்களிலும் நார்ப்படலம் விரிந்து இந்த அமைப்புக்குத் துணை நிற்கிறது. தசை, மேல்நாண், சில்லு, கீழ்நாண், டிபியா மேடு என்னும் இந்தத் தொடர் எந்த இடத்தில் துண்டிக்கப்பட்டாலும், தசை சுருங்குமே தவிர அந்த இழுவை காலைச் சென்று சேராது.

இந்தத் தொடரின் நடுவே சில்லு இருப்பதற்குத் தக்க காரணம் உண்டு. கதவைக் கீலுக்கு அருகில் தள்ளினால் அசைவது கடினம், கீலை விட்டு விலகித் தள்ளினால் எளிது. அதைப் போலவே சில்லு, நாணை மூட்டின் மையத்திலிருந்து முன்னால் தள்ளி நிறுத்தி, தசையின் அதே வலிமைக்குக் கூடுதல் பலனைத் தருகிறது. அதனால்தான் சில்லு உடைந்தவர்களுக்கு அதை முழுதாக அகற்றிவிடாமல், இயன்றவரை கம்பியால் சேர்த்துக் கட்டிக் காப்பாற்றவே மருத்துவர்கள் முயல்கிறோம். இங்கே செயல்படும் விசையும் சிறியதன்று. சமதரையில் நடக்கும்போது சில்லுக்கும் தொடை எலும்புக்கும் இடையே உடல் எடையில் ஏறத்தாழப் பாதி அளவு அழுத்தம் விழுகிறது. படி ஏறி இறங்கும்போது அது மூன்று மடங்கு எடையாகவும், ஆழமாகக் குந்தும்போது ஏழு மடங்கு எடையாகவும் உயர்கிறது.

நாண் அறுவது பெரும்பாலும் பெரிய விபத்துகளில் அல்ல, உங்கள் தந்தைக்கு நேர்ந்ததைப் போன்ற ஒரு சாதாரண இடறலில்தான். பாதம் தரையில் ஊன்றியிருக்க, முழங்கால் சற்று மடங்கிய நிலையில் உடல் எடை முழுவதும் அதை மேலும் மடக்கப் பார்க்கிறது; விழாமல் தடுக்கத் தொடைத் தசை முழு பலத்துடன் சுருங்குகிறது. சுருங்க முயலும்போதே தசை நீட்டி இழுக்கப்படும் அந்த நொடியில்தான் நாணின் மீது உச்ச விசை பாய்கிறது. அமெரிக்க அதிபராக இருந்த பில் கிளிண்டனுக்கு 1997 மார்ச்சில் நடந்தது இதுவே. புளோரிடாவில் கோல்ஃப் வீரர் கிரெக் நார்மன் வீட்டுப் படியில் இடறி, அவருடைய வலது முழங்காலின் இதே நாண் ஒரு பகுதி அறுந்தது. அப்போது அவருக்கு வயது 50. அன்றே அறுவை சிகிச்சை நடந்தது. அடுத்த சில நாள்களில் ஹெல்சின்கி சென்று ரஷ்ய அதிபர் யெல்ட்சினைச் சக்கர நாற்காலியில் அமர்ந்தபடி சந்தித்தார்.

நல்ல நிலையில் உள்ள நாண் இவ்வளவு எளிதில் அறுவதில்லை. வயது 40ஐத் தாண்டும்போது, சில்லின் மேல் விளிம்பிலிருந்து 1 முதல் 2 சென்டிமீட்டர் வரையிலான, இயல்பாகவே ரத்த ஓட்டம் குறைவான பகுதி மெல்ல நலியத் தொடங்குகிறது. நீண்டகாலச் சர்க்கரை நோயில் நாணின் கொலாஜன் இழைகளோடு சர்க்கரை பிணைந்து அவற்றை விறைப்பாகவும் எளிதில் முறியக்கூடியதாகவும் ஆக்குகிறது. சிறுநீரகம் பழுதுபடும்போது பாராதைராய்டு ஹார்மோன் கூடி, நாண் எலும்பில் பதியும் இடமே அரிக்கப்படலாம். யூரிக் அமிலம் மிகுவதால் வரும் கவுட், முடக்குவாதம், நெடுநாள் ஸ்டீராய்டு ஆகியவையும் இதே விளைவைத் தரும். சிப்ரோஃப்ளாக்சசின், லீவோஃப்ளாக்சசின் வகை ஆன்டிபயாட்டிக் மருந்துகள் தசைநாண்களைப் பாதிக்கலாம் என்பதால், அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2008ஆம் ஆண்டிலேயே அவற்றுக்குக் கடுமையான எச்சரிக்கை வாசகத்தைக் கட்டாயமாக்கியது. சிறுநீர்த் தொற்றுக்கு இவ்வகை மாத்திரைகளை உங்கள் தந்தை அண்மையில் சாப்பிட்டாரா என்று பார்த்து, சாப்பிட்டிருந்தால் மருத்துவரிடம் கட்டாயம் சொல்லுங்கள்.

எக்ஸ்ரேயில் ஏன் தெரியவில்லை என்ற சந்தேகம் உங்கள் குடும்பத்தில் எழுந்திருக்கும். எக்ஸ்ரே காட்டுவது எலும்பை. நாணை அது நேரடியாகக் காட்டாது. பக்கவாட்டில் எடுத்த படத்தில் சில்லு வழக்கத்தைவிடக் கீழே இறங்கியிருந்தால் மேல்நாண் அறுந்திருக்கலாம் என்றும், மேலே ஏறியிருந்தால் கீழ்நாண் அறுந்திருக்கலாம் என்றும் ஊகிக்கலாம், அவ்வளவுதான். முதல் சில நாள்களில் ரத்தம் கட்டி வீங்கியிருப்பதால் பள்ளமும் கைக்குத் தட்டுப்படாது. வலியால்தான் காலைத் தூக்கவில்லை என்று நோயாளியும் நினைப்பார், பார்ப்பவரும் நினைப்பார். போதாக்குறைக்கு, பக்கவாட்டு நார்ப்படலம் அறாமல் இருந்தால் ஓரளவு காலை நீட்டவும் முடியும். இடுப்புத் தசையின் உதவியால் முழங்காலைப் பின்னுக்குத் தள்ளிப் பூட்டிக்கொண்டு பலர் நடந்தும்விடுகிறார்கள். அதனால்தான் இந்தக் காயம் முதல் பரிசோதனையில் அடிக்கடி தவறிப்போகிறது. கீழே விழுந்தோ இடறியோ முழங்கால் வீங்கிய ஒவ்வொருவரையும் படுக்கவைத்து, மடக்காமல் காலைத் தூக்கச் சொல்லிப் பார்க்க வேண்டும் என்று நான் எப்போதும் வலியுறுத்துவேன். அதற்குக் கருவியோ செலவோ தேவையில்லை. தூக்க முடியாவிட்டால், எக்ஸ்ரேயில் முறிவே இல்லாவிட்டாலும், உடனே அல்ட்ராசவுண்ட் ஸ்கேனோ எம்.ஆர்.ஐ.யோ எடுத்துப் பார்ப்பதே முறை.

இனி, கட்டுப் போட்டால் சேருமா என்ற கேள்வி. நாண் பாதியளவே கிழிந்து, காலைத் தூக்கும் திறன் குறையாமல் இருந்தால், முழங்காலை நேராக வைத்து நான்கு முதல் ஆறு வாரங்கள் அசையாமல் கட்டிவைத்தே பலரைக் குணப்படுத்த முடிகிறது. முழுதாக அறுந்துவிட்டால் அப்படி நடக்காது. ஏனெனில் தொடைத் தசை ஓய்ந்திருக்கும்போதும் மேல்நோக்கி இழுத்துக்கொண்டேதான் இருக்கும். அறுந்த முனைகள் ஒன்றையொன்று விட்டு விலகிவிடுகின்றன. அந்த இடைவெளியைத் தழும்புத் திசு நிரப்பலாம், ஆனால் அது இழுவையைத் தாங்காது. எண்ணெய் தடவி நீவும்போது மிச்சமிருக்கும் பக்கவாட்டுப் படலமும் கிழிய வாய்ப்புண்டு. நாண் அறுந்த இரண்டு, மூன்று வாரங்களுக்குள் தைத்தால் முனைகளை நேரடியாகச் சேர்ப்பது எளிது. மாதங்கள் கடந்தால் தசை சுருங்கிக் குறுகி, தொடை எலும்போடு ஒட்டிக்கொள்ளும். அப்போது நாணைத் தலைகீழ் ‘வி’ வடிவில் வெட்டி இறக்க வேண்டியிருக்கும், அல்லது தொடையின் பின்புறத்திலிருந்து வேறு நாணை எடுத்துப் பொருத்த வேண்டியிருக்கும். அதன் பலன் முதல் வாரங்களில் செய்வதற்கு ஈடாகாது. உங்கள் தந்தை இந்த மூன்று வார எல்லையில்தான் இருக்கிறார்.

அறுவை சிகிச்சை பெரும்பாலும் முதுகில் ஊசி போட்டு இடுப்புக்குக் கீழே மரத்துப்போகச் செய்து நடத்தப்படுகிறது. முழங்காலின் முன்புறம் நீளவாக்கில் திறந்து, நைந்த முனைகளைச் சுத்தம் செய்து, கரையாத வலுவான நூலை நாணுக்குள் மேலும் கீழுமாகப் பலமுறை கோத்து இறுக்குவார்கள். சில்லில் மேலிருந்து கீழாக மூன்று மெல்லிய துளைகள் இட்டு, நூல்களை அவற்றின் வழியே இழுத்துக் கீழ் முனையில் முடிச்சிடுவது நெடுநாளாக நம்பிக்கைக்குரிய முறை. துளைகளுக்குப் பதிலாக நூலைப் பிடித்துக்கொள்ளும் ஆங்கர் என்ற சிறிய பொருத்தியை எலும்பில் பதித்தும் செய்கிறார்கள். இரண்டில் எது என்பதை அறுவை மருத்துவரின் அனுபவத்துக்கு விட்டுவிடுவது நல்லது. கிழிந்த பக்கவாட்டுப் படலங்களையும் அப்போதே தைத்துவிடுவார்கள்.

சர்க்கரை நோய் இந்தச் சிகிச்சைக்குத் தடை அல்ல. ஆனால் புண் ஆறுவதையும் தொற்றையும் அது நேரடியாகப் பாதிக்கும். சர்க்கரையின் மூன்று மாதச் சராசரி குறையட்டும் என்று காத்திருக்க இங்கே அவகாசம் இல்லை என்பதால், தேவைப்பட்டால் இன்சுலின் கொடுத்து, அறுவையை ஒட்டிய நாள்களில் ரத்தச் சர்க்கரை 180 மில்லிகிராமுக்குக் கீழே இருக்குமாறு பார்த்துக்கொள்வார்கள். அதைவிட எனக்குக் கவலை தருவது அவர் மூன்று வாரங்களாகச் சாப்பிடும் வலி மாத்திரை. டைக்ளோஃபினாக் போன்ற மாத்திரைகள் ஏற்கெனவே தளர்ந்த சிறுநீரகத்தை மேலும் பாதிக்கும். மாத்திரைச் சீட்டை இன்றே மருத்துவரிடம் காட்டி, தேவையானால் மாற்றிக்கொள்ளுங்கள். கிரியேட்டினினையும் மீண்டும் பாருங்கள்.

சிகிச்சையின் வெற்றியில் பெரும்பங்கு அதன் பிறகான மாதங்களுக்கு உரியது. முதல் ஆறு வாரங்கள் முழங்காலை நேராகப் பூட்டும் பிரேஸ் அணிந்து, வாக்கர் உதவியுடன் அந்தக் காலை ஊன்றி நடக்கலாம். தையலின் உறுதியைப் பொறுத்து, மருத்துவர் அனுமதிக்கும் அளவுக்குச் சிறிது சிறிதாக மடக்கத் தொடங்கி, ஆறு வார முடிவில் ஏறத்தாழ 90 பாகையை எட்டுவது வழக்கம். தானே காலை விசையுடன் நீட்டும் பயிற்சி அதற்குப் பிறகுதான். தொடைத் தசை வெகுவாக மெலிந்திருக்கும். அது பழைய வலிமையை நெருங்க ஆறு மாதம் முதல் ஓராண்டு வரை ஆகலாம். இந்தக் காலத்தை யாராலும் சுருக்க முடியாது. பிரேசில் கால்பந்து வீரர் ரொனால்டோவுக்கு 1999 நவம்பரில் சில்லுக்குக் கீழுள்ள நாண் கிழிந்து அறுவை சிகிச்சை நடந்தது. 2000 ஏப்ரலில் ரோம் நகரில் மீண்டும் களமிறங்கிய சில நிமிடங்களிலேயே அது முழுதாக அறுந்தது. நீண்ட மறுவாழ்வுப் பயிற்சிக்குப் பின் 2002 உலகக் கோப்பையில் அவர் எட்டு கோல்கள் அடித்தார். இளம் வயதில் பெரும்பாலும் அறுவது இந்தக் கீழ்நாண்தான். மருத்துவ முறை ஏறத்தாழ ஒன்றே.

மூன்று மாதங்களில் உங்கள் தந்தை பிரேஸ் இல்லாமல் வீட்டிலும் தெருவிலும் நடப்பார் என்று எதிர்பார்க்கலாம். படி ஏறுவதும் இருசக்கர வாகனம் ஓட்டுவதும் தொடை வலிமை திரும்பியதைச் சோதித்த பிறகே. சம்மணமிட்டு உட்காருவது ஆறு மாதங்களுக்குப் பிறகு பலருக்குச் சாத்தியமாகிறது. முழுதாகக் குந்துவதில் கடைசிச் சில பாகைகள் வராமல் போகலாம். எனவே வீட்டில் உட்காரும் வகைக் கழிவறையை இப்போதே ஏற்பாடு செய்துவிடுங்கள். அறுவைக்குப் பின் கெண்டைச் சதையில் புதிதாக வீக்கமும் வலியும் வந்தாலோ, மூச்சுத் திணறல் ஏற்பட்டாலோ, புண்ணில் நீர் கசிந்தாலோ, காய்ச்சல் வந்தாலோ உடனே மருத்துவமனைக்குச் செல்லுங்கள்.

அறுவை நாள் வரை அவர் முழங்காலை நேராக வைக்கும் பிரேஸ் அணிந்து வாக்கருடன் மட்டுமே நடக்க வேண்டும். படி வேண்டாம், நீவுதல் வேண்டாம், வலுக்கட்டாயமாக மடக்கிப் பார்க்கவும் வேண்டாம். பாதத்தை மேலும் கீழும் அசைத்துக்கொண்டிருக்கட்டும், ரத்தம் உறையாமல் இருக்க அது உதவும். இன்னொன்றையும் மறக்காமல் கேளுங்கள். வலது நாணை நலியவைத்த சர்க்கரையும் சிறுநீரகக் கோளாறும் இடது நாணையும் விட்டுவைத்திருக்காது. இடது சில்லுக்கு மேலே வலி உண்டா, அந்தக் காலை நேராகத் தூக்க முடிகிறதா என்று பார்த்து, ஐயம் இருந்தால் அறுவைக்கு முன்பே அந்த முழங்காலையும் ஸ்கேன் செய்யச் சொல்லுங்கள். வலது கால் தேறும் வரை உடல் பாரம் முழுவதையும் தாங்கப்போவது அந்தக் கால்தான்.