மின்னா கான்த்தும் இப்சனும்

கேள்வி: பின்லாந்தின் மின்னா கான்த்தைப் பெரிய நாடகாசிரியர் என்கிறார்கள். நார்வே நாடகாசிரியர் இப்சனின் ‘பொம்மை வீடு’ வந்திராவிட்டால் அவர் பேனாவையே தொட்டிருக்க மாட்டார் அல்லவா? ஜவுளிக்கடை நடத்திய விதவை பிழைப்புக்காக எழுதியதை இவ்வளவு தூக்கிப்பிடிக்க வேண்டுமா?

பதில்: ‘பொம்மை வீடு’ வெளிவந்தது 1879இல். கான்த் அதற்குப் பல ஆண்டுகள் முன்பே, கணவர் ஆசிரியராக இருந்த செய்தித்தாளில் பெண்கல்வி பற்றியும் மதுவின் கேடு பற்றியும் எழுதிக்கொண்டிருந்தார். 1878இல் ‘வில்யா’ என்ற புனைபெயரில் அவருடைய கதைத்தொகுப்பும் வந்துவிட்டது. இப்சனின் தாக்கம் அவரிடம் உண்டு என்பது உண்மை. எழுத வைத்தவரே இப்சன்தான் என்பது உண்மையன்று.

பிழைப்பு பற்றிய உங்கள் கணக்கும் தலைகீழாக இருக்கிறது. 1879இல் கணவர் இறந்தபோது ஏழாவது குழந்தையை வயிற்றில் சுமந்திருந்த அவர், மறு ஆண்டு குவோப்பியோ நகருக்குத் திரும்பி, தந்தை நடத்திவந்த கடையைத் தூக்கி நிறுத்தினார். குடும்பத்துக்குச் சோறு போட்டது அந்தக் கடை; எழுத்து அவருக்குப் பெரும்பாலும் பகையையே சம்பாதித்துத் தந்தது. வேலையும் உணவும் இல்லாத மக்களைப் பற்றி அவர் எழுதிய ‘துர்விதியின் பிள்ளைகள்’ 1888இல் ஹெல்சிங்கியில் ஒரே ஒரு முறை மேடையேறியதோடு நிறுத்தப்பட்டது. பிழைப்புக்காக எழுதுகிறவர் அப்படியொரு நாடகத்தை எழுதமாட்டார்.

1885இல் ஹெல்சிங்கியில் அரங்கேறிய ‘தொழிலாளியின் மனைவி’யை எடுத்துக்கொள்ளுங்கள். யோஹன்னா சிறுகச் சிறுகச் சேர்த்த 600 மார்க், திருமணம் முடிந்த கையோடு சட்டப்படி கணவன் ரிஸ்தோவின் பொறுப்புக்குப் போகிறது. அவன் அதைக் குடித்தே தீர்க்கிறான். அவன் செய்வது குற்றமே அல்ல என்பதுதான் நாடகத்தின் கொடுமை. ரிஸ்தோவால் ஏமாற்றப்பட்ட ஹொம்சன்தூ என்ற ரோமா (ஜிப்சி) இனப்பெண், தான் சுட்டிருக்க வேண்டியது உங்கள் சட்டத்தையும் நீதியையும்தான் என்று இறுதியில் கதறுகிறாள். அந்த வேடத்தை ஏற்றவர், ஐந்தாண்டுகளுக்கு முன் அதே நகரில் ‘பொம்மை வீடு’ நாயகி நோராவாக நடித்துப் புகழ்பெற்ற இடா ஆல்பெர்க். ஒரே நடிகை இரண்டையும் ஏற்றதால் நாடகங்களும் ஒன்றாகிவிடுமா? வசதியான நடுத்தர வீட்டின் நோரா எங்கே, பின்லாந்துச் சட்டப்புத்தகத்தின் ஒரு பிரிவுக்கு நேரடியாகப் பலியாகும் யோஹன்னா எங்கே? மணமான பெண் தன் சம்பாத்தியத்தைத் தானே கையாளலாம் என்ற சட்டம் அந்நாட்டில் 1889இல் வந்தது. அதை இந்த நாடகம் மட்டுமே கொண்டுவந்தது என்று சொல்லமாட்டேன். அந்த வாதத்தை அரங்கம் நிறைந்த மக்கள் முன் வைத்தது இதுதான்.

1897இல் இறப்பதற்கு இரண்டு ஆண்டுகள் முன் எழுதிய ‘அன்னா லீசா’வையும் அவசியம் படியுங்கள். பதினைந்து வயதில் தான் பெற்ற சிசுவைக் கொன்று மறைத்த பெண், ஊர் கூடியிருக்கும் மண அறிவிப்பு விருந்தில், மிரட்டலுக்குப் பணியாமல் தானே உண்மையைச் சொல்லித் தண்டனையை ஏற்கிறாள். இதில் டால்ஸ்டாயின் சாயல் உண்டு என்றால் ஒப்புக்கொள்வேன். இப்சனின் நகல் என்றால், எந்த நாடகத்தின் நகல் என்று நீங்கள்தான் காட்ட வேண்டும்.