வேகமான ரயிலை வாங்கிப் பழைய பாதையிலேயே ஓட்டினால் போதாதா?

கேள்வி: ஜப்பான், பிரான்ஸ், சீனா என்று எல்லா நாட்டிலும் அதிவேக ரயிலுக்குத் தனியாகப் புதுப்பாதை போடுகிறார்கள். நல்ல வேகமான ரயிலை வாங்கி, இருக்கிற பாதையிலேயே ஓட்டினால் என்ன? நாளைக்குக் காந்த ரயில் வந்துவிட்டால் இந்தப் பாதையெல்லாம் வீண்தானே?

பதில்:

போதாது. பதில் அவ்வளவுதான். ஆனால் இதே கேள்வியை நான் வேலை பார்த்த இடங்களில் பெரிய பொறுப்பில் இருந்தவர்களே கேட்டிருக்கிறார்கள். அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

அலைன்மென்ட் வரைவது என் தொழில். ரயில் எந்த வழியாகப் போக வேண்டும், எங்கே எவ்வளவு வளையலாம், எங்கே ஏறி எங்கே இறங்க வேண்டும் என்று நிலத்தின்மேல் கோடு போடுகிற வேலை. நீங்கள் அடிக்கடி ரயிலில் போகிறவராக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன். புதுப் பெட்டிகள் வந்தும் பயண நேரம் குறையவில்லையே என்ற எரிச்சலில் கேட்டிருப்பீர்கள். அந்த எரிச்சல் நியாயமானதுதான். ரயிலைத்தான் புதிதாக வாங்கினார்கள், பாதை பழையதாகவே இருக்கிறது, அதுதான் காரணம்.

வளைவில் ரயிலை வெளிப்பக்கம் தள்ளுகிற விசை வேகத்தின் இருமடியாகக் கூடும். வேகம் இரண்டு மடங்கானால் தள்ளல் நான்கு மடங்கு. அதைச் சமாளிக்கத்தான் வளைவில் வெளித் தண்டவாளத்தைக் கொஞ்சம் உயர்த்திப் போடுகிறோம். பழைய பாதைகளில் 1000 மீட்டர் ஆரமுள்ள வளைவு ரொம்ப சாதாரணம். அதில் 300 கி.மீ. வேகத்தில் போய் அந்தத் தள்ளலை முழுதாக ஈடுகட்ட வேண்டுமானால், வெளித் தண்டவாளம் உள்தண்டவாளத்தைவிட முக்கால் மீட்டருக்கும் மேல் உயர்ந்திருக்க வேண்டும். பெட்டி 35 டிகிரி சாய்ந்துவிடும். நடைமுறையில் 180, 200 மில்லிமீட்டருக்கு மேல் யாரும் உயர்த்துவதில்லை. ஏனென்றால் அந்த வளைவில் ரயில் நிற்கவும் நேரலாம், மெதுவாகப் போகவும் நேரலாம். ஆகவே மிச்சமிருப்பது ஒரே வழி: வளைவை அகலமாக்குவது. 350 கி.மீ. வேகத்துக்கு வரைகிற பாதையில் 7000 மீட்டர் ஆரம் தேவைப்படுகிறது.

இது காகிதக் கணக்கு இல்லை. 2013 ஜூலை 24 அன்று ஸ்பெயினில் சாந்தியாகோ தே கொம்போஸ்தெலாவுக்குப் பக்கத்தில் நடந்ததைப் பாருங்கள். பல கிலோமீட்டர் புது அதிவேகப் பாதையில் வந்த ரயில், அந்தப் பாதை முடிகிற இடத்தில் இருந்த வளைவில் தடம் புரண்டது. அது 80 கி.மீ. வேகத்தில் கடக்க வேண்டிய வளைவு. ரயில் வந்த வேகம் 179. எண்பது பேர் வரை இறந்தார்கள். அந்த வளைவில் ரயிலைத் தானாக மெதுவாக்குகிற ஏற்பாடும் இல்லை. வேகமான ரயிலும் பழைய வளைவும் சந்திக்கிற இடம் எவ்வளவு ஆபத்தானது என்று நான் யாரிடமாவது சொல்ல வேண்டியிருந்தால் இதைத்தான் சொல்வேன்.

"சாயும் ரயில்கள் இருக்கின்றனவே, அது தெரியாதா?" என்று கீழே கருத்து எழுத இரண்டு பேராவது வருவார்கள். தெரியும். இத்தாலியின் பென்டோலினோவும் சுவீடனின் எக்ஸ் 2000மும் வளைவில் பெட்டியைச் சாய்த்து வேகம் கூட்டுகிறவை. நல்ல ரயில்கள். ஆனால் சாய்கிற பெட்டி பயணியின் உடம்புக்கு இதமாக இருக்குமே தவிர, சக்கரம் தண்டவாளத்தைத் தள்ளுகிற விசையைக் குறைக்காது. அதனால் கிடைக்கிற ஆதாயத்துக்கு ஒரு வரம்பு உண்டு. பழைய பாதையில் 200 கி.மீ. வரை போக உதவும். 300க்கு உதவாது.

ஜப்பானையே எடுத்துக்கொள்ளுங்கள். 1950களில் அவர்களுடைய டோக்கியோ–ஒசாகா தடம் குறுகிய பாதை, இரண்டு தண்டவாளத்துக்கும் நடுவில் 1067 மி.மீ. இடைவெளி. அதற்குப் பக்கத்திலேயே அதே அளவில் இன்னும் இரண்டு தடம் போட்டுவிடலாம் என்று சொன்னவர்கள் நிறைய. நீங்கள் கேட்கிற கேள்விக்கு நெருங்கிய சொந்தம் அது. தேசிய ரயில்வேயின் தலைவராக இருந்த ஷின்ஜி சோகோவும் தலைமைப் பொறியாளர் ஹிதேயோ ஷிமாவும் அதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. 1435 மி.மீ. அகலம், ஒரு லெவல் கிராசிங்கூட இல்லாமல், சரக்கு ரயிலோ உள்ளூர் ரயிலோ கலக்காமல் முழுக்கப் புதிய பாதை வேண்டும் என்று நின்றார்கள். உலக வங்கியிடம் 80 மில்லியன் டாலர் கடன் வாங்கினார்கள். செலவு மதிப்பீட்டைப்போல் ஏறத்தாழ இரண்டு மடங்கானது. 1963இல் இருவரும் பதவியை விட்டுப் போக வேண்டியதாயிற்று. 1964 அக்டோபர் 1 அன்று, 210 கி.மீ. வேகத்தோடு ஷின்கான்சென் என்ற அந்த அதிவேக ரயில் தொடங்கியபோது அந்த விழாவுக்கு அவர்களை அழைக்கவில்லை. ஷிமா வீட்டில் தொலைக்காட்சியில் பார்த்தார். இதை எப்போது படித்தாலும் எனக்கு மனசு ஆறாது.

அந்தப் பாதையில் குறைந்தபட்ச வளைவு ஆரம் 2500 மீட்டர். அப்புறம் ஒசாகாவுக்கு மேற்கே போட்ட சான்யோ பாதையில் அதை 4000 ஆக்கினார்கள். இன்றைக்கு என்700 வகை ரயில் இரண்டிலும் ஓடுகிறது. மேற்கே 300 கி.மீ., கிழக்கே 285. அந்த 2500 மீட்டர் வளைவுகளில் இன்னும் குறைவு. பெட்டியை ஒரு டிகிரி சாய்க்கிற ஏற்பாடு செய்து 255ஐ 270 ஆக்க 2007 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஒரே ரயில், ஒரே ஓட்டுநர் பயிற்சி, ஒரே மின்சாரம். ஒரு தலைமுறைக்கு முன்னால் ஒருவர் போட்ட கோடுதான் இன்றும் வேகத்தை முடிவு செய்கிறது.

என் சொந்த அனுபவத்துக்கு வருகிறேன். இடத்தையும் நிறுவனத்தையும் சொல்ல மாட்டேன். ஓர் அதிவேகப் பாதையில் ஒரு பகுதிக்கு நான் அலைன்மென்ட் வரைந்து, அது ஒப்புதல் பெற்று, மண் பரிசோதனையும் முடிந்திருந்தது. அப்போது கோட்டுக்குக் குறுக்கே ஒரு கிடங்கு கட்ட ஆரம்பித்துவிட்டார்கள். திட்டத்தை நடத்துகிற தரப்பிலிருந்து ஒருவர் கூட்டத்தில், "முந்நூறு மீட்டர் தள்ளி வரைந்துவிடுங்கள், இது ஒரு விஷயமா?" என்றார். பலகையில் போய்க் கணக்கைப் போட்டுக் காட்டினேன். 7000 மீட்டர் ஆரத்தில் 300 மீட்டர் ஒதுங்கவே ஏறக்குறைய மூன்று கிலோமீட்டர் வேண்டும். திரும்பப் பழைய கோட்டுக்கு வர இன்னொரு மூன்று. நேர்கோட்டிலிருந்து வளைவுக்குள் மெதுவாக நுழைய விடுகிற டிரான்சிஷன்களையும் சேர்த்தால் எட்டு கிலோமீட்டருக்கு மேல் பாதை இடம் மாறும். ஒரு கிடங்கைக் காப்பாற்றப் போய், அந்த எட்டு கிலோமீட்டரில் இருக்கிற வீடுகளும் கிணறுகளும் புதிதாகக் கோட்டுக்குள் வரும்.

உடனே அடுத்த யோசனை வந்தது: "சரி, அந்த இடத்தில் மட்டும் 160இல் போகட்டும். இரண்டு மூன்று கிலோமீட்டர்தானே?" இங்கேதான் எனக்குக் கோபம் வந்தது. 300இல் வருகிற ரயில் 160க்கு இறங்க ஐந்து கிலோமீட்டர் முன்னாலேயே பிரேக் போட ஆரம்பிக்க வேண்டும். மறுபடி 300ஐ எட்டப் பத்து கிலோமீட்டருக்கு மேல் ஆகும். மொத்தம் ஒன்றரை நிமிடம் போகும். கேட்கச் சின்னதாகத்தான் இருக்கும். ஆனால் அந்த ஒன்றரை நிமிடம் அந்தப் பாதை இருக்கும்வரை, அதில் ஓடுகிற ஒவ்வொரு ரயிலுக்கும் உண்டு. ஒவ்வொரு தடவையும் வேகத்தை இழந்து திரும்பப் பெறுகிற மின்சாரச் செலவும் உண்டு. இப்படி ஏழெட்டு இடத்தில் விட்டுக்கொடுத்தால் அதிவேகப் பாதைக்கான பணத்தைக் கொட்டி சாதாரணப் பாதையை வாங்கியதாக ஆகும்.

எழுத்தில் கொடுத்தேன். ஒத்துக்கொள்ளாதவர்கள் பெயரோடு மறுப்பைப் பதியட்டும் என்றும் எழுதினேன். பெயர் போட யாரும் வரவில்லை. கட்டடத்துக்கு இழப்பீடு கொடுத்து எடுத்தார்கள், என் கோடு நின்றது. இன்றைக்கு அந்த இடத்தை ரயில் முழு வேகத்தில் கடக்கிறது. எனக்கு அதில் பெருமை உண்டு. அதை ஏன் மறைக்க வேண்டும்?

இதைச் சொல்லும்போது இன்னொன்றும் நினைவுக்கு வருகிறது, கேள்விக்குச் சம்பந்தமில்லாததுதான். பொறுத்துக்கொள்ளுங்கள். அதே நிறுவனத்தில், இரவில் அளவெடுக்கப் போன எங்கள் சர்வே ஆட்களுக்கு மறுநாள் பகலில் வரவில்லை என்று விடுப்பு போட்டார்கள். ஓடுகிற பாதையோடு புதுப்பாதை சேர்கிற இடத்தை ரயில் நிற்கிற இரவு நேரத்தில்தான் அளக்க முடியும். வருகைப்பதிவு இயந்திரத்துக்கு அது புரியாது, சரி. அதை வைத்துச் சம்பளம் பிடிக்கிற மனிதருக்குமா புரியாது? விடிகிறவரை பனியில் நின்றவருடைய சம்பளத்தைப் பிடித்துவிட்டு, தொடக்க விழா மேடைக்குப் பூ அலங்காரம் செய்தார்கள். இதை நான் மன்னிக்கத் தயாராக இல்லை.

செலவு விஷயத்துக்கு வருகிறேன். புதுப்பாதை என்றால் ஊருக்கு ஊர் எல்லாவற்றையும் இடித்துக் கட்ட வேண்டும் என்பதில்லை. 1981இல் பாரிஸ்–லியோன் பாதையைத் திறந்த பிரான்ஸ் அதைக் காட்டியது. நகரத்துக்குள் பழைய தண்டவாளம், பழைய நிலையம். நடுவில் திறந்த வெளியில் மட்டும் புதுப்பாதை. இரண்டும் ஒரே அகலம் என்பதால், டிஜிவி என்கிற அவர்களுடைய அதிவேக ரயில் பயணிகளை இறக்காமலே ஒன்றிலிருந்து மற்றதற்கு மாறிக்கொள்ளும். பயணிகள் ரயில் மட்டுமே ஓடும் என்று முடிவு செய்ததால், 1000 மீட்டருக்கு 35 மீட்டர் ஏற்றம் வரை அனுமதித்தார்கள். மேட்டின்மேல் ஏறி இறங்கியே போனதால் அந்தப் புதுப்பாதையில் ஒரு சுரங்கம்கூடத் தேவைப்படவில்லை. அலைன்மென்ட் வேலையில் இருக்கிற யாரைக் கேட்டாலும் அதை அழகான வேலை என்பார்கள்.

சீனா நேர்மாறான வழியில் போனது. பள்ளத்தாக்கோ வயலோ எதுவானாலும் தூண்மேல் பாலமாகவே கொண்டுபோனார்கள். பெய்ஜிங்–ஷாங்காய் பாதையில் உள்ள தன்யாங்–குன்ஷான் பாலம் மட்டும் 164 கி.மீ. நீளம். 2008இல் பெய்ஜிங்–தியன்ஜின் தடத்தில் 350 கி.மீ. வேகம் ஆரம்பித்து, 2024 முடிவில் 48,000 கி.மீ. வலையாகிவிட்டது. நான் எந்த நாட்டுக்கும் வக்காலத்து வாங்கவில்லை. அங்கே 2011 ஜூலையில் வென்சோவில் சிக்னல் கோளாறில் ஒரு ரயில் இன்னொன்றின் பின்னால் மோதி நாற்பது பேர் இறந்ததும், அதன்பின் வேகத்தைக் குறைத்ததும் எனக்குத் தெரியும். எல்லா ஊருக்கும் அதிவேகப் பாதை வேண்டும் என்றும் சொல்லவில்லை. ஆள் நடமாட்டம் குறைந்த தடத்தில் பழைய பாதையைச் செம்மைப்படுத்தி 160இல் ஓட்டுவதே புத்திசாலித்தனம். நான் சொல்வது, 300 வேண்டுமென்றால் அதற்கான கோடு வேண்டும் என்பது மட்டும்தான்.

கடைசியாகக் காந்த ரயில், அதாவது காந்த விசையில் மிதந்து ஓடுகிற ரயில். ஜப்பானில் 2015 ஏப்ரலில் சோதனை ஓட்டத்தில் 603 கி.மீ. வேகத்தைத் தொட்டார்கள். டோக்கியோ–நகோயா பாதையைக் கட்டிக்கொண்டும் இருக்கிறார்கள். அதன் குறைந்தபட்ச வளைவு ஆரம் 8000 மீட்டர். அவ்வளவு நேராகப் போக வழியில்லாததால் ஐந்தில் நான்கு பங்குக்கும் மேல் மலைக்கும் நகரத்துக்கும் அடியில் சுரங்கம். 2027இல் திறப்பதாக இருந்தது, தள்ளிப்போய்விட்டது. அது தண்டவாளத்தில் ஓடாதது என்பதால் பழைய நிலையங்களுக்குள் டிஜிவி மாதிரி நுழைய முடியாது. பாதைச் செலவு குறையும் என்று எதிர்பார்த்து நீங்கள் அதற்காகக் காத்திருப்பதாக இருந்தால், காத்திருக்க வேண்டாம்.