தவணை 1,800 வெள்ளி, சரி. வீடு மொத்தம் எவ்வளவு?

சிங்கப்பூரில் வீட்டுக் கடன் பற்றி வரும் கேள்விகளில் முக்கால்வாசி "மாதம் எவ்வளவு கட்டணும்?" என்பதோடு நின்றுவிடுகின்றன. அதற்கு ஒரு கால்குலேட்டர் போதும். கடைசியில் மொத்தம் எவ்வளவு போகும், விற்றால் எவ்வளவு திரும்பும் என்று கேட்பவர்கள் குறைவு. இந்த முறை அப்படிக் கேட்டவர்களுக்கு மட்டும் பதில். வெள்ளித் (சிங்கப்பூர் டாலர்) தொகைகளை எல்லாம் முழு எண்ணுக்குப் பக்கமாக எடுத்திருக்கிறேன்.

செங்காங் வாசகர்: 2013-இல் 450,000 வெள்ளிக்கு வாங்கிய நாலறை வீட்டுக்கு இப்போது 630,000 தர ஆள் இருக்கிறார். தவணை முழுக்க மசேநியில்தான் (மத்திய சேமநிதி, சம்பளத்தில் பிடிக்கும் கட்டாயச் சேமிப்பு) போனது, கையிலிருந்து ஒரு காசும் கட்டவில்லை. அப்படியென்றால் 180,000 லாபம்தானே? ஏஜெண்டு போட்டுக் காட்டிய கணக்கில் கைக்கு வருவது சில ஆயிரம்தான் என்கிறார். எங்கே போனது பணம்?

ஏஜெண்டு ஏமாற்றவில்லை. நீங்கள் அனுப்பிய விவரப்படி வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) கடன் 405,000, வட்டி 2.6 விழுக்காடு, 25 ஆண்டு. தவணை மாதம் 1,837 வெள்ளி. 12 ஆண்டில் நீங்கள் கட்டியது ஏறக்குறைய 264,600. அதில் அசலில் கழிந்தது 162,000 மட்டும். மீதி 102,600 வட்டி. ஆகவே இன்னும் 243,000 கடன் நிற்கிறது.

630,000-இல் அந்தக் கடனைக் கழித்தால் 387,000. ஏஜெண்டு கமிஷன் இரண்டு விழுக்காடும் அதன் மேல் ஜிஎஸ்டியும் சேர்ந்து 13,700 போனால் 373,300. இதற்குப் பிறகுதான் மசேநி வருகிறது. முன்பணம் 45,000, தவணைகள் 264,600, ஆக 309,600 எடுத்திருக்கிறீர்கள். அந்தப் பணம் மசேநியின் சாதாரணக் கணக்கிலேயே இருந்திருந்தால் 2.5 விழுக்காடு வட்டி சம்பாதித்திருக்கும். விற்கும்போது அந்த வட்டியையும் சேர்த்துத் திருப்பி வைக்க வேண்டும். 12 ஆண்டுக்கு அது 58,400 வரும். மொத்தம் 368,000 மசேநிக்குப் போகிறது. கையில் மிஞ்சுவது 5,300. அதிலும் வழக்கறிஞர் செலவு இருக்கிறது.

இதை அபராதம் என்று நினைத்துக் கோபப்படுபவர்களை நிறையப் பார்க்கிறேன். அபராதம் இல்லை. 368,000 உங்கள் பெயரில், உங்கள் கணக்கில்தான் விழுகிறது. அடுத்த வீட்டுக்கு அதை மறுபடி எடுக்கலாம். 55 வயதைத் தாண்டியவர்களுக்கு ஓய்வுக்காலக் கணக்கில் வைக்க வேண்டியது போக மீதியை ரொக்கமாக எடுக்கவும் முடியும். சந்தை விலைக்கே விற்றும் மசேநிக்குத் திருப்பத் தொகை போதவில்லை என்றால், குறைகிற பணத்தைக் கையிலிருந்து போடச் சொல்வதில்லை.

ஆனால் "கையிலிருந்து காசு போகவில்லை" என்பதும் சரியில்லை. மசேநி உங்கள் சம்பளம். நிஜமான லாபத்தைப் பார்க்க வேண்டுமென்றால் இப்படிப் போடுங்கள்: விலை ஏற்றம் 180,000. அதில் கடன் வட்டி 102,600, கமிஷன் 13,700, வாங்கும்போது கட்டிய முத்திரைத் தீர்வை 8,100 கழித்தால் 55,600. சீரமைப்புக்கு 35,000 ஆனதாக எழுதியிருக்கிறீர்கள். மிச்சம் 20,600. வீட்டையே தொடாமல் மசேநியில் விட்டிருந்தால் அந்தப் பணம் 58,400 ஈட்டியிருக்கும். அப்படியானால் நட்டமா? இல்லை. 12 ஆண்டு வாடகை கொடுக்காமல் இருந்திருக்கிறீர்கள், அதுதான் பெரிய வரவு. வீடு உங்களைப் பணக்காரராக்கவில்லை, குடியிருக்க இடம் தந்தது. விற்பதா என்ற முடிவை 180,000-ஐ வைத்து எடுக்காதீர்கள். அடுத்த வீட்டுக்கு ரொக்கம் எவ்வளவு தேவை, கையில் எவ்வளவு இருக்கும் என்பதை வைத்து எடுங்கள். மறுவிற்பனை வீட்டில் மதிப்பீட்டுக்கு மேல் கேட்கும் சிஓவி தொகையை ரொக்கமாகத்தான் தர முடியும். 5,300 வெள்ளியை வைத்துக்கொண்டு அந்தப் பேச்சில் உட்கார முடியாது.

உட்லண்ட்ஸ் வாசகி: வங்கி வட்டி வீவக வட்டியைவிடக் குறைவாக இருக்கிறது. மாறிவிடலாமா? கணவர் வேண்டாம் என்கிறார்.

கணவர் சொல்வதில் ஒரு நியாயம் இருக்கிறது: வீவக கடனிலிருந்து வங்கிக்குப் போகலாம், அதே வீட்டுக்கு வங்கியிலிருந்து வீவகவுக்குத் திரும்ப முடியாது. ஒருவழிப் பாதை.

வீவக வட்டி மசேநி சாதாரணக் கணக்கு வட்டியைவிட 0.1 விழுக்காடு கூடுதல். 1999 முதல் அது 2.6-இலேயே நிற்கிறது. வங்கி வட்டி அப்படி நிற்காது. இப்போது பெரும்பாலான மிதவை வட்டிக் கடன்கள் சோரா விகிதத்தோடு (வங்கிகள் தங்களுக்குள் ஒரு நாள் கடனுக்கு வாங்கும் வட்டியின் சராசரி) கட்டப்பட்டவை. மூன்று மாத சோரா 2021-இல் அரை விழுக்காட்டுக்கும் கீழே கிடந்தது. 2023-இல் மூன்றரையைத் தாண்டியது. அதன் மேல் வங்கி தன் பங்கைச் சேர்க்கும். முதல் சில ஆண்டுகளுக்குப் பிறகு அந்தப் பங்கு கூடும் என்று பல ஒப்பந்தங்களில் எழுதியிருக்கும், அந்தப் பக்கத்தைத் தேடிப் படியுங்கள். "ஃபிக்ஸட்" என்று விளம்பரம் செய்வதும் பொதுவாக இரண்டு, மூன்று ஆண்டுக்குத்தான். 25 ஆண்டு முழுக்க ஒரே வட்டி என்பது இங்கே வங்கியில் கிடைக்காத சரக்கு.

ஆகவே இன்றைய வட்டியை வைத்து 25 ஆண்டுக் கணக்குப் போடக் கூடாது. 400,000 கடனுக்கு, 25 ஆண்டில், 1.8 விழுக்காடு என்றால் தவணை 1,657. 2.6 என்றால் 1,815. 4 விழுக்காடு என்றால் 2,111. உங்கள் வீட்டு வரவு செலவில் 2,111 வெள்ளி வலிக்காது என்றால் மாறுங்கள். ஒவ்வொரு முறை லாக்-இன் (அந்தக் கடனிலேயே இருக்க வேண்டிய காலம்) முடியும்போதும் வேறு வங்கிகளை விசாரிக்கப் பொறுமை உள்ளவருக்கு அது லாபம். கடிதம் வந்தால் மேசையில் போட்டு மறந்துவிடுகிற குடும்பத்துக்கு வீவகதான் நல்லது. இன்னொன்று, வீவக கடனை எப்போது வேண்டுமானாலும் கூடுதலாக அடைக்கலாம், தண்டம் கிடையாது. வங்கியில் லாக்-இன் காலத்தில் அடைத்தால் வழக்கமாக அடைக்கும் தொகையில் 1.5 விழுக்காடு பிடிப்பார்கள்.

புக்கிட் பாத்தோக் வாசகர், 38 வயது: கூட்டுரிமை வீடு (தனியார் காண்டோ). கடன் மீதி 250,000, இன்னும் 18 ஆண்டு. 3.5 விழுக்காட்டிலிருந்து 2.5-க்குக் கொண்டுவந்து, தவணையையும் மாதம் 440 வெள்ளி குறைத்துத் தருகிறேன் என்று ஒரு வங்கி அதிகாரி சொல்கிறார். மாட்டேன் என்று சொல்ல ஒரு காரணமாவது இருக்கிறதா?

இருக்கிறது. அவர் கொடுத்த தாளில் "25 ஆண்டு" என்று போட்டிருக்கிறதா என்று பாருங்கள். போட்டிருக்கும்.

இப்போது உங்கள் தவணை 1,562. மீதி 18 ஆண்டில் கட்டப்போகும் வட்டி 87,300. வட்டி 2.5 ஆகி, காலம் 18 ஆண்டாகவே இருந்தால் தவணை 1,438, மொத்த வட்டி 60,700. மிச்சம் 26,600 வெள்ளி. இது நல்ல பேரம். ஆனால் அவர் சொல்லும் 440 வெள்ளிக் குறைப்பு இதில் வராது, மாதம் 123 வெள்ளிதான் குறையும். 440 குறைய வேண்டுமென்றால் கடனை மறுபடி 25 ஆண்டுக்கு இழுக்க வேண்டும். அப்போது தவணை 1,122, மொத்த வட்டி 86,500. வட்டி விகிதம் முழுசாக ஒரு விழுக்காடு இறங்கியும் மொத்தத்தில் மிச்சம் சுமார் 850 வெள்ளி! வழக்கறிஞர் கட்டணமும் மதிப்பீட்டுக் கட்டணமும் கட்டினால் அதுவும் போச்சு. கடனும் 56 வயதில் முடியாமல் 63 வரை வரும்.

அந்தக் கட்டணத்தை வங்கியே ஏற்கிறது என்று சொல்லியிருப்பார். பெரும்பாலும் மூன்று ஆண்டுக்குள் வெளியேறினால் அதைத் திருப்பிக் கேட்பார்கள். அவரிடம் போய் "18 ஆண்டுக்கே போடுங்கள்" என்று சொல்லுங்கள். அதற்கு முன், இப்போதைய வங்கியிடமே வட்டியை மாற்றித் தருவார்களா என்று கேட்டுவிடுங்கள். சில நூறு வெள்ளிக் கட்டணத்தில் வேலை முடிந்துவிடும், வழக்கறிஞரே தேவைப்படாது.

சம்பளம் குறைந்து, மாதம் ஓடுவதே சிரமம் என்றால் காலத்தை நீட்டுவதில் தப்பில்லை. அப்படி இல்லாதவர் நீட்டினால், குறைகிற 440 வெள்ளி எங்கே போகிறது என்று மூன்று மாதத்தில் அவருக்கே தெரியாது.

ஈசூன் வாசகி: போனஸ் 30,000 வந்திருக்கிறது. வீவக கடனில் போட்டு அடைக்கவா? சாதாரணக் கணக்கில் இருக்கும் பணத்தையும் சேர்த்துப் போடச் சொல்கிறாள் தங்கை.

இரண்டும் வேறு வேறு பணம். தனித்தனியாகப் பார்ப்போம்.

போனஸ் ரொக்கம். ஆறு மாதச் செலவுக்கான பணம் வேறாக இருந்து, இந்த 30,000 சேமிப்புக் கணக்கில் சும்மா தூங்கப் போகிறது என்றால் தாராளமாக அடைக்கலாம். ஆனால் எப்படி அடைக்கிறீர்கள் என்பதில்தான் விஷயம் இருக்கிறது. உங்கள் மீதி 300,000, 20 ஆண்டு, தவணை 1,604. 30,000 அடைத்துவிட்டுக் காலத்தை அப்படியே வைத்தால் தவணை 1,444 ஆகும், வட்டியில் மிச்சம் 8,500. தவணையை 1,604-ஆகவே வைத்துக் காலத்தைக் குறைத்தால், கடன் இரண்டரை ஆண்டு முன்னதாக முடியும், மிச்சம் 18,800. போட்டது அதே 30,000. "தவணை வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று வாய்விட்டுக் கேளுங்கள்.

தங்கை சொல்வதில் லாபம் இல்லை. கடன் வட்டி 2.6, சாதாரணக் கணக்கு வட்டி 2.5. வித்தியாசம் 0.1. சாதாரணக் கணக்கின் முதல் 20,000 வெள்ளிக்கோ கூடுதலாக ஒரு விழுக்காடு கிடைக்கிறது, ஆக 3.5. அதை எடுத்து 2.6 கடனை அடைப்பது நட்டம். அதைவிட முக்கியம், வேலை போனால் தவணை கட்ட உதவுவது அந்தக் கணக்குதான். வீட்டில் போட்ட பணத்தை வீட்டை விற்காமல் திரும்ப எடுக்க முடியாது.

ஜூரோங் வெஸ்ட் வாசகர்: தவணை தவிர வேறு என்னென்ன செலவு? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

வாங்கும்போது முத்திரைத் தீர்வை (600,000 வெள்ளி வீட்டுக்கு 12,600), வழக்கறிஞர், ஏஜெண்டு வைத்திருந்தால் அவர், சிஓவி, சீரமைப்பு. வங்கிக் கடன் என்றால் விலையில் குறைந்தது ஐந்து விழுக்காடு ரொக்கம். வாங்கிய பிறகு நகர மன்றக் கட்டணம், சொத்து வரி, தீக் காப்பீடு. மசேநியில் தவணை கட்டும் கழக வீட்டுக்காரருக்கு வீட்டுப் பாதுகாப்புத் திட்டச் (வீட்டுக் கடனுக்கான காப்பீடு) சந்தா, அது மசேநியிலிருந்து சத்தமில்லாமல் போகும். கூட்டுரிமை வீடு என்றால் மாதப் பராமரிப்புக் கட்டணத்தைத் தனியாக 25 ஆண்டுக்குப் பெருக்கிப் பாருங்கள். மாதம் 400 என்றால் 120,000. நீச்சல் குளத்தில் இறங்காதவருக்கும் அதே கட்டணம்தான்.

தெம்பனிஸ் வாசகர், 30 வயது: 1.2 மில்லியனுக்கு ஒரு கூட்டுரிமை வீடு பார்த்திருக்கிறேன். என் சம்பளத்துக்குக் கடன் போதவில்லை. அப்பாவையும் சேர்த்துக் கொண்டால் கிடைக்கும் என்கிறார்கள். அப்பாவுக்கு 58, சொந்தமாகக் கழக வீடு இருக்கிறது.

வேண்டாம். அப்பா கூட்டு உரிமையாளராக வந்தால், அவருக்கு இது இரண்டாவது வீடு. கூட்டாக வாங்கும்போது யாருக்குக் கூடுதல் முத்திரைத் தீர்வை அதிகமோ அந்த விகிதம்தான் முழு விலைக்கும். குடிமக்களின் இரண்டாவது வீட்டுக்கு அது 2023 ஏப்ரல் முதல் 20 விழுக்காடு. 1.2 மில்லியனில் 240,000 வெள்ளி. வழக்கமான முத்திரைத் தீர்வை 32,600 இதற்கு மேல்.

கடன் காலத்திலும் அப்பாவின் வயது இடிக்கும். வங்கி இருவர் வயதையும் சம்பள விகிதத்தில் சராசரி எடுக்கும். நீங்கள் 6,000, அப்பா 3,000 என்றால் சராசரி 39-க்கு மேல். 65 வயதைத் தாண்டாமல் 25 ஆண்டுதான் கிடைக்கும். தாண்டினால் கடன் விலையில் 75 விழுக்காட்டிலிருந்து 55-க்கு இறங்கும்.

உங்கள் சம்பளத்துக்குக் கடன் போதவில்லை என்றால் அதை ஒரு தகவலாக எடுத்துக்கொள்ளுங்கள். எல்லாக் கடன் தவணைகளும் சேர்ந்து வருமானத்தில் 55 விழுக்காட்டைத் தாண்டக் கூடாது என்பது விதி. அந்தக் கணக்கில் வட்டியைக் குறைந்தது 4 விழுக்காடாக வைத்துப் பார்க்கிறார்கள். 55 என்பதே என் கண்ணுக்கு அதிகம். சம்பளத்தில் பாதிக்கு மேல் கடனுக்குப் போனால் ஒரு பிள்ளை பிறந்ததும் மூச்சு முட்டும். மறுவிற்பனைக் கழக வீடு ஒன்றைப் பாருங்கள், 35 வயதுக்குள் தனியாக வாங்க முடியாது என்றால் திருமணம் வரை பொறுங்கள். அப்பா உதவத்தான் வேண்டும் என்று நின்றால், பத்திரத்தில் பெயர் போடாமல் முன்பணத்துக்குக் கொடுக்கட்டும். அது அன்பளிப்பா கடனா என்று ஒரு தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். கூடப் பிறந்தவர்கள் இருந்தால் அவர்களுக்கும் அதைக் காட்டிவிடுங்கள்.